பிணம் எங்கே, மாப்ளே?

அன்புள்ள மாப்ளே,

நீ அனுப்பிய கதைச் சுருக்கத்தைப் படித்துவிட்டேன். ஹிந்திப் படத்துக்கு எழுதுகிறாய் என்று தெரிந்ததிலிருந்து உன் அம்மாவுக்குத் தலைகால் புரியவில்லை. காய்கறிக்காரரிடம் கூட "பம்பாய்ல பேய்ப்படம் எழுதுறான்" என்றுதான் பேச்சை ஆரம்பிக்கிறாள். போனிலேயே பதில் சொல்லியிருக்கலாம். "எல்லாரும் படிக்கிற மாதிரி எழுதுங்க மாமா" என்று நீயே சொன்னதால் இங்கே எழுதுகிறேன். உன் கதையின் கடைசித் திருப்பத்தை மட்டும் வெளியே விடமாட்டேன், பயப்படாதே.

கதை நன்றாக ஓடுகிறது. மலைமேல் பங்களா, மனைவி பெயரில் இருக்கும் சொத்து, அதற்கு ஆசைப்பட்ட கணவன், கூடவே இருந்து குழிபறிக்கும் தோழி, காசுக்கு மசிந்த இரண்டு பேர். இடைவேளைக்கு முன்பே அவளை முடித்துவிடுகிறார்கள். அப்புறம் அவள் வருகிறாள். லிஃப்டில் ஒருவன், குளியல் தொட்டியில் ஒருவன் என்று நான்கு பேரையும் வரிசையாகத் தீர்க்கிறாள். ஒவ்வொரு சாவுக்கும் நீ மெனக்கெட்டிருப்பது தெரிகிறது. ஆனால் முழுக்கப் படித்து முடித்ததும் எனக்குக் கேட்கத் தோன்றியது ஒன்றுதான். அந்தப் பெண்ணின் பிணம் எங்கே?

"அவளை அப்புறப்படுத்துகிறார்கள்" என்று ஒரு வரி எழுதிவிட்டு அடுத்த காட்சிக்குப் போய்விட்டாய். நான் காலமெல்லாம் கோர்ட்டில் பெஞ்ச் கிளார்க்காகக் குப்பை கொட்டியவன். கொலைக் கேஸ் கட்டு மேஜைக்கு வந்தால் பிரேதப் பரிசோதனை அறிக்கை இருக்கிறதா என்றுதான் முதலில் கை தேடும். அது இல்லாத கேஸை நடத்தவே முடியாது என்று இல்லை. ஆனால் அரசு வக்கீலின் முகத்தைப் பார்த்தாலே தெரியும், அன்றைக்கு அவருக்கு நாள் சரியில்லை என்று. இது ஏதோ கோர்ட் கிழவனின் வீண் சந்தேகம் என்று ஒதுக்காதே. துரோகமும் ஆவியின் பழிவாங்கலும் சேர்ந்த ஹிந்திப் படங்களில் உருப்படியானவை எல்லாம் இந்தக் கேள்வியைச் சுற்றித்தான் நிற்கின்றன.

1958-ல் வந்த 'மதுமதி'யை நீ பார்த்திருக்க மாட்டாய். பார்த்திருந்தால் உன் இரண்டாம் பாதி இப்படி இருந்திருக்காது. பிமல் ராய் இயக்கம், கதை ரித்விக் கட்டக், வசனம் ராஜிந்தர் சிங் பேடி, இசை சலில் சௌத்ரி, படத்தொகுப்பு ரிஷிகேஷ் முகர்ஜி. இத்தனை பெரிய கைகள் ஒரு பேய்க்கதைக்காக ஒன்றுசேர்ந்தது அதற்குப் பிறகு நடந்ததாகத் தெரியவில்லை. படத்துக்கு ஒன்பது ஃபிலிம்பேர் விருதுகள். நாயகி வைஜயந்திமாலா, நம் திருவல்லிக்கேணிக்காரர். (வந்து அறுபது வருஷத்துக்கு மேலான படத்தின் முடிவைச் சொல்லக் கூடாது என்று யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள் என நினைக்கிறேன்.)

திலீப் குமார் ஷியாம்நகர் டிம்பர் எஸ்டேட்டுக்கு மேனேஜராக வருகிறான். பெயர் ஆனந்த். படம் வரைவான். காட்டில் மதுமதியைப் பார்க்கிறான், காதல். எஸ்டேட் முதலாளி ராஜா உக்ர நாராயண், நம் பிராண். இங்கே துரோகம் எவ்வளவு சாதாரணமாக நடக்கிறது என்று கவனி. முதலாளி மேனேஜரை ஒரு வேலையாக வெளியூர் அனுப்புகிறான், அவ்வளவுதான். திரும்பி வந்தால் பெண்ணைக் காணோம். ஆபீஸில் அன்றாடம் நடக்கிற ஒரு 'போய்ட்டு வா'வுக்குள் முழுத் துரோகமும் அடங்கிவிடுகிறது. கட்டக்கும் சலிலும் இடதுசாரி நாடக இயக்கத்திலிருந்து வந்தவர்கள். முதலாளி என்றால் யார் என்று அவர்களுக்கு யாரும் வகுப்பு எடுக்க வேண்டியதில்லை. உன் கதையில் கணவன் கொலைக்கு முன்னால் மூன்று காட்சிகள் முறைத்துக்கொண்டே இருக்கிறான். அதையெல்லாம் வெட்டு.

அப்புறம் மதுமதியின் ஆவி ஆனந்திடம் வருகிறது, கொன்றவன் யார் என்று சொல்கிறது. சரி, சொல்லிவிட்டது. இப்போது என்ன செய்வது? ஆவி வந்து சொன்னது என்று எந்த ஸ்டேஷனில் எஃப்.ஐ.ஆர். போடுவார்கள்? கட்டக்கின் மூளை வேலை செய்யும் இடம் இதுதான். உன் பேய்க்கு இந்தச் சிக்கலே வரவில்லை, நேராகக் கழுத்தை நெரிக்கப் போய்விடுகிறது. மதுமதியின் ஆவியால் அப்படிப் போக முடியவில்லை, அதனால்தான் கதை நகர்கிறது. இதற்குள் ஆனந்த் இன்னொரு பெண்ணைச் சந்தித்திருக்கிறான். மாதவி, மதுமதியை அப்படியே உரித்து வைத்த மாதிரி இருக்கிறாள். அவளை மதுமதியாக வேஷம் கட்டி முதலாளியின் முன்னால் நிறுத்துவது, அவன் பயந்து உளறும்போது வெளியே காத்திருக்கும் போலீஸ் பிடித்துக்கொள்வது என்று திட்டம்.

இனி அந்தக் காட்சி. ஆனந்த் முதலாளியைப் படம் வரைகிறேன் என்று உட்கார வைக்கிறான். கடிகாரம் எட்டு அடிக்கிறது. அவள் வந்து நிற்கிறாள். உக்ர நாராயண் ஆடிப்போகிறான். அவள் கேள்வி மேல் கேள்வி கேட்கிறாள், கடைசியில் பிணத்தைப் புதைத்த இடம் வரைக்கும் போய்விடுகிறாள். அவன் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிறான். போலீஸ் உள்ளே வருகிறது, கைது. இதுவரை நமக்குப் பயமே இல்லை. திட்டம் நமக்குத் தெரியும், வந்திருப்பது மாதவி, நடிக்கிறாள். உள்ளுக்குள் ஒரு சந்தோஷம் கூட இருக்கிறது, மாட்டினான்டா என்று. அப்போது ஆனந்துக்கு உறைக்கிறது. புதைத்த இடத்தைப் பற்றி இவளுக்கு எப்படித் தெரியும்? எனக்கே தெரியாதே! அவள் சிரிக்கிறாள், படிக்கட்டை நோக்கி நகர்கிறாள். அந்த நேரத்தில் வாசல் வழியாக மதுமதி வேஷத்தில் மாதவி ஓடி வருகிறாள். வழியில் கார் நின்றுவிட்டதாம், தாமதமாகிவிட்டதாம்.

பார்த்தாயா? பயம் காட்சி முடிந்த பிறகு வருகிறது. பத்து நிமிஷம் நிம்மதியாகப் பார்த்ததை எல்லாம் திரும்பிப் பார்த்து நடுங்க வேண்டியிருக்கிறது. கதவு கிரீச் என்று திறக்கவில்லை, கண்ணாடியில் முகம் தெரியவில்லை. ஒரு தகவல் கணக்கில் உதைக்கிறது, அவ்வளவுதான். அந்தத் தகவல் என்ன? பிணம் கிடக்கும் இடம். கொன்றவனுக்கும் செத்தவளுக்கும் மட்டுமே தெரிந்த ஒன்று.

கோர்ட்டில் வேலை பார்த்தவனுக்கு இதில் இன்னொரு ருசியும் உண்டு. 1872-ஆம் வருஷத்து சாட்சியச் சட்டத்தில் 25-ஆம் பிரிவு என்று ஒன்று இருந்தது. போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம்சாட்டப்பட்டவனுக்கு எதிராகப் பயன்படுத்த முடியாது. அடித்து வாங்கியிருப்பார்கள் என்ற சந்தேகம்தான் காரணம். ஆனால் 27-ஆம் பிரிவு ஒரு கதவைத் திறந்து வைத்தது. காவலில் இருப்பவன் சொன்னதை வைத்துப் போய் ஒரு பொருளைக் கண்டெடுத்தால், அது சம்பந்தமாக அவன் சொன்ன பகுதி மட்டும் செல்லும். இப்போது புதிய சட்டத்தில் பிரிவு எண் மாறிவிட்டது, சரக்கு அதேதான். உக்ர நாராயண் போலீஸிடம் இல்லை, அந்தப் பெண்ணிடம்தான், அதுவும் கைதாவதற்கு முன்பே உளறிவிடுகிறான், அதனால் இந்தப் பிரிவுகள் அவனுக்கு நேராகப் பொருந்தாது. ஆனாலும் உள்ளே ஓடுகிற நியாயம் ஒன்றுதான். வாய்ச்சொல் நாளைக்கு மாறும், தோண்டி எடுத்த எலும்பு மாறாது. சாட்சி சொல்ல வந்த ஆவி, எந்தக் கேள்வி கேஸை நிலைநிறுத்தும் என்று தெரிந்து கேட்கிறது. அவனை விரலால் கூடத் தொடவில்லை.

அதற்கு ஒன்பது வருஷம் முன்னால், 1949-ல், கமால் அம்ரோஹியின் 'மஹல்' வந்தது. அதில் மதுபாலா ஆவி என்று நம்பவைத்து, கடைசியில் எல்லாம் நாடகம் என்று தெரிகிறது. அந்தப் படத்துக்கு எடிட்டர் யார் தெரியுமா? பிமல் ராய். ஆவியாக நடிக்கும் பெண் என்ற அதே சீட்டை எடுத்து, 'மதுமதி'யில் தலைகீழாகப் போட்டிருக்கிறார். அங்கே ஆவி என்று நினைத்தது பெண், இங்கே பெண் என்று நினைத்தது ஆவி.

குறை இல்லாத படம் என்று சொல்லவில்லை. மறுஜென்ம முன்கதை, பின்கதை, ரயில் விபத்து எல்லாம் வசூலுக்காகக் கட்டிய தோரணம். ஜானி வாக்கரின் காமெடி உன் வயசுக்காரர்களுக்கு நீளமாக இருக்கும் (அவருக்கு அதற்கு ஃபிலிம்பேர் கிடைத்தது, அது வேறு விஷயம்). காதலனை மொட்டை மாடிக்குக் கூப்பிட்டு விழவைக்கும் ஆவியை எப்படி எடுத்துக்கொள்வது என்று எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை. படப்பிடிப்பிலும் ஒரு கூத்து. நைனிடால் பக்கம் எடுத்த காட்சிகளில் பெரும்பகுதி, பிலிமைக் கழுவிப் பார்த்தபோது மூட்டம் படிந்து வீணாகியிருந்ததாம். மறுபடி அவ்வளவு தூரம் போக முடியாமல் இகத்புரி அருகே வைதர்ணா அணைப் பக்கம் போலிப் பைன் மரங்களை நட்டு, புகை போட்டுப் பனிமூட்டத்தை உண்டாக்கி எடுத்தார்கள். இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. உங்கள் தயாரிப்பாளர் லொகேஷன் செலவு என்று முனகினால் இந்தக் கதையைச் சொல்லு.

இனி 'ராஸ்'. 2002, விக்ரம் பட். இதை நீ பார்த்திருப்பாய், கதை நம் ஊட்டியில் நடக்கிறது. உன் கதைக்கு ரொம்பப் பக்கத்துச் சொந்தம் இதுதான், அதனால்தான் கவலை. தம்பதிக்குள் விரிசல், சேர்ந்து வாழ்ந்து பார்க்கலாம் என்று ஊட்டி பங்களாவுக்கு வருகிறார்கள். பிபாஷா பாசுவை ஏதோ துரத்துகிறது. கடைசியில் பார்த்தால் கணவனுக்கு இன்னொரு பெண்ணோடு தொடர்பு இருந்திருக்கிறது. அவன் விலகப் பார்த்ததும் அவள் அவன் கண் முன்னால் தன்னையே சுட்டுக்கொள்கிறாள். அவன் ஒருவருக்கும் சொல்லாமல் புதைத்துவிடுகிறான். தோண்டியெடுத்து எரித்தால்தான் ஆவி போகும் என்று பேராசிரியர் அஷுதோஷ் ராணா சொல்கிறார். மனைவி எரிக்கிறாள், கணவன் பிழைக்கிறான், சுபம்.

2000-ல் வந்த 'வாட் லைஸ் பினீத்' என்ற ஹாலிவுட் படத்தின் சாயல் என்று அப்போதே பேசிக்கொண்டார்கள். அதில் கணவன் கொலைகாரன், மனைவி அவனுக்கு எதிராக நிற்க வேண்டியிருக்கிறது. ராஸில் அவன் கையைக் கழுவிவிடுவதற்காகவே அந்தப் பெண்ணை மனநிலை சரியில்லாதவள் ஆக்கி, துப்பாக்கியையும் அவள் கையிலேயே கொடுத்துவிட்டார்கள். சரி, சுடவில்லை. புதைத்தானே? அவளுக்கும் அப்பா அம்மா இருந்திருப்பார்கள், தேடியிருப்பார்கள். அது குற்றமே இல்லையா? பிணம் எங்கே என்ற கேள்வி இந்தப் படத்துக்கும் தெரிந்திருக்கிறது. ஆனால் அவள் வாயை அடைப்பதற்காகத் தோண்டுகிறார்கள், அவள் சொல்வதைக் கேட்பதற்காக இல்லை. படம் சக்கைப்போடு போட்டது, நதீம்-ஷ்ரவண் பாட்டுகளை ஊரே முணுமுணுத்தது, அதே பெயரில் மேலும் மூன்று படங்கள் வந்தன. எல்லாம் உண்மைதான். எனக்கு அந்த முடிவு இன்னும் செரிக்கவில்லை.

2007-ன் 'ஓம் சாந்தி ஓம்' பற்றி அதிகம் வேண்டாம். மதுமதியின் கிளைமாக்ஸை அப்படியே தூக்கி வைத்துக்கொண்டது. வேஷம் போட்ட பெண், தாமதமாக வருகிற உண்மையான பெண், நடுவில் வந்துபோகும் ஆவி, எல்லாமே. பிணம் சரவிளக்குக்கு அடியில் இருக்கிறது என்று ஆவி சொல்லும் இடம் மட்டும் அபாரம். "என்ன ஆதாரம்?" என்று எகத்தாளம் பேசியவனுக்குக் கிடைத்த பதில் அது. அதோடு விட்டிருக்கலாம். சரவிளக்கை அவன் தலையில் போட்டுக் கொன்றார்கள், விசில் வந்தது. சாட்சி சொல்லி முடித்தவளையே தூக்குப் போடும் வேலைக்கும் வைத்த மாதிரி இருந்தது எனக்கு.

2012-ல் ரீமா கக்டியின் 'தலாஷ்' பரவாயில்லை. அதிலும் ஆவி கொல்லத்தான் செய்கிறது. ஆனால் அமீர் கானின் இன்ஸ்பெக்டர் கடைசியில் போய் மண்ணைத் தோண்டுகிறான். செத்தவள் பாலியல் தொழிலாளி, காணோம் என்று யாரும் பெரிதாகத் தேடவில்லை. அந்தத் தேடலைச் செய்ய ஒரு போலீஸ்காரன் வேண்டியிருக்கிறான், அவனும் மகனைப் பறிகொடுத்துத் தூக்கமில்லாமல் அலைகிறவன். இதை அவசியம் இன்னொரு தடவை பார்.

இப்போது உன் கதைக்கு வருவோம். நான்கு சாவில் மூன்றை எடுத்துவிடு என்று சொன்னால் உனக்கு வருத்தமாக இருக்கும், தயாரிப்பாளருக்கு இன்னும் அதிகமாக இருக்கும். அதனால் அதைச் சொல்லவில்லை. ஆனால் அந்தப் பங்களாவில் ஒரு தோட்டக்காரன் வருகிறான், ஞாபகம் இருக்கிறதா? இரண்டு காட்சியில் ரோஜாவுக்குத் தண்ணீர் ஊற்றுகிறான், பிறகு கதையை விட்டே காணாமல் போகிறான். மாப்ளே, குழி தோண்டியது யார் என்று நினைக்கிறாய்? அந்தக் கணவன் வாழ்நாளில் மண்வெட்டி பிடித்திருக்க மாட்டான். காசுக்கு மசிந்தவர்களும் சூட் போட்டவர்கள். ராத்திரியில் எழுப்பி, எதற்கு என்று சொல்லாமல், தோட்டக்காரனைத்தான் தோண்டச் சொல்லியிருப்பார்கள். அவனுக்கு இடம் தெரியும். சம்பளமும் குவார்ட்டர்ஸும் முதலாளி கையில்.

உன் பேய் முதலில் அவனிடம் போகட்டும். அவனைப் பயமுறுத்த வேண்டாம், என்னை எங்கே வைத்தாய் என்று கேட்டால் போதும். அவனுக்கு ஸ்கூல் போகிற மகள் ஒருத்தி இருந்தால் இன்னும் நல்லது. அவன் போலீஸ் ஸ்டேஷன் வாசல் வரை போகிற மாதிரி ஒரு காட்சி எழுது. உள்ளே போகிறானா, திரும்பிவிடுகிறானா என்று நான் சொல்லமாட்டேன், அது உன் கதை. லிஃப்ட் காட்சியை அதற்குப் பிறகு வை, ஜனங்கள் வேறு மாதிரி பார்ப்பார்கள்.

அடுத்த டிராஃப்டை பி.டி.எஃப். ஆக்கி அனுப்பு. போன தடவை அனுப்பியது என் போனில் எழுத்தெல்லாம் கட்டம் கட்டமாக வந்து, பக்கத்து வீட்டுப் பையனைக் கூப்பிட்டுத்தான் படிக்க வேண்டியிருந்தது. பாதிக் கதை அவனுக்கும் தெரியும் இப்போது.

அன்புடன்,
உன் மாமா