சொந்த மண்ணில் உருவிய வாளுக்கும் இடம் தாருங்கள்: யோமன்ரி அருங்காட்சியகங்களின் அறங்காவலர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய அறங்காவலர்களுக்கு,

வணக்கம். பிரிட்டனில் கவுண்டிகள் எனப்படும் மாவட்டங்கள்தோறும் தன்னார்வக் குதிரைப்படைகளாகத் தோன்றிய யோமன்ரி படைப்பிரிவுகளின் சீருடைகளையும் கொடிகளையும் பதக்கங்களையும் காத்துவரும் தங்களிடம் ஒரு கோரிக்கையை முன்வைக்கவே இம்மடலை எழுதுகிறேன். இப்படைகள் வெளிப்பகையை எதிர்த்து நின்ற நாட்களுக்குத் தரப்படும் அதே இடம், அவை தம் நாட்டு மக்கள்மீது ஏவப்பட்ட நாட்களுக்கும் காட்சிக்கூடத்தில் தரப்பட வேண்டும் என்பதே அக்கோரிக்கை.

பிரான்சுடன் போர் மூண்டிருந்த 1794இல், பிரதமர் பிட் தலைமையிலான அரசு இப்படைகளைத் திரட்டியதற்குப் படையெடுப்பு, புரட்சி என இரண்டு அச்சங்கள் காரணமாக இருந்தன. வசதியுள்ள உழவர்கள் தத்தம் குதிரைகளுடன் வந்து சேர்ந்தனர். பெருநிலக்கிழார்கள் அவர்களுக்கு அதிகாரிகளாயினர். முதல் அச்சம் பிரிட்டன் தீவில் ஒரே ஒருமுறைதான் மெய்யாயிற்று. 1797 பிப்ரவரியில் வேல்ஸின் ஃபிஷ்கார்ட் அருகே ஏறத்தாழ 1,400 பேர் கொண்ட பிரெஞ்சுப் படை கரையிறங்கியபோது, காடர் பிரபுவின் தலைமையில் திரண்ட உள்ளூர்ப் படைகளிடம் அது இரண்டே நாட்களில் சரணடைந்தது. அந்நிகழ்வுக்காக 1853இல் வழங்கப்பட்ட ‘ஃபிஷ்கார்ட்’ என்னும் போர்ச்சிறப்பை, அதாவது போரிட்ட களத்தின் பெயரைப் படை தாங்கிக்கொள்ளும் உரிமையை, பெம்ப்ரோக் யோமன்ரி இன்றும் தாங்கி நிற்கிறது. பிரிட்டன் தீவின் மண்ணில் நடந்த நிகழ்வுக்காகப் போர்ச்சிறப்புப் பெற்ற படைப்பிரிவு வேறில்லை. அது முகப்பில் வைக்கத்தக்கதே என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை.

ஆனால் அடுத்த அரை நூற்றாண்டுக்கு இப்படைகளுக்கு வேலை கொடுத்தது இரண்டாவது அச்சமே. இலண்டனுக்கு 1829இல்தான் பெருநகரக் காவல்துறை வந்தது. எல்லாக் கவுண்டிகளிலும் காவல்படை கட்டாயமானது 1856ஆம் ஆண்டுச் சட்டத்தால். அதுவரை, ரொட்டி விலையை எதிர்த்தோ கூலிக் குறைப்பை எதிர்த்தோ மக்கள் கூடினால், நீதிபதிகள் கையருகே இருந்த கருவிகளுள் யோமன்ரி முதன்மையானது. நிலையான இராணுவத்தின் வீரன் வேற்றூரிலிருந்து வந்து, ஆணையை நிறைவேற்றிவிட்டு, வேறோர் ஊருக்குப் போய்விடுவான். யோமன்ரிக்காரனோ நேற்றுவரை கூலி கொடுத்த ஆளின்மீது இன்று குதிரையை ஏவிவிட்டு, நாளை அதே ஆளை வேலைக்கு அழைக்க வேண்டியவன். இப்படைகளின் உள்நாட்டுப் பணி ஏன் அத்தனை கசப்பை விட்டுச்சென்றது என்பதற்கு இதைவிட வேறு விளக்கம் தேவையில்லை என்றே கருதுகிறேன்.

1819 ஆகஸ்ட் 16 அன்று மான்செஸ்டரின் செயின்ட் பீட்டர்ஸ் திடலில், நாடாளுமன்றச் சீர்திருத்தம் கோரி ஹென்றி ஹண்டின் பேச்சைக் கேட்க ஏறத்தாழ 60,000 பேர் கூடியிருந்தனர். ஹண்டைக் கைது செய்வதற்கு நீதிபதிகள் முதலில் அனுப்பியது, ஆலை உரிமையாளர்களும் வணிகர்களும் கடைக்காரர்களும் நிறைந்த மான்செஸ்டர்-சால்ஃபோர்ட் யோமன்ரியை. இரண்டாண்டுகளுக்கு முன்புதான் உருவான அப்படைக்கு நெரிசலுக்குள் குதிரையைச் செலுத்தும் பயிற்சி இல்லை. கூட்டத்தின் நடுவே சிக்கிக்கொண்ட அவர்கள், முன்கூட்டியே சாணைபிடிக்கப்பட்டிருந்த வாள்களைச் சுழற்றினர். அவர்களை மீட்கச் சொல்லி அனுப்பப்பட்ட 15ஆம் ஹுஸ்ஸார் படை, வாட்டர்லூவில் போரிட்ட நிலையான குதிரைப்படை, திடலை வெறுமையாக்கியது. 18 பேர் இறந்ததாக இன்று பொதுவாகக் கணக்கிடப்படுகிறது. 600க்கும் மேற்பட்டோர் காயமடைந்தனர். அனைவரும் யோமன்ரியின் வாளால் மாண்டவர்கள் அல்லர் என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். ஆனால் திடலை நோக்கி விரைந்த ஒரு யோமன்ரிக்காரனின் குதிரை மோதி, தாயின் கையிலிருந்து விழுந்து இறந்த வில்லியம் ஃபில்டஸ் இரண்டு வயதுக் குழந்தை. காயத்தால் சில வாரங்களில் இறந்த ஓல்டாமைச் சேர்ந்த ஜான் லீஸ், வாட்டர்லூவில் பிரிட்டன் தரப்பில் நின்றவர். அவருடைய மரண விசாரணை தீர்ப்பின்றியே முடித்துவைக்கப்பட்டது. 1822இல், அன்று திடலில் யோமன்ரியை நடத்திச் சென்ற அதிகாரி பர்லிமீதும் வேறு சிலர்மீதும் காயமடைந்த ஒருவர் தொடுத்த வழக்கிலும் தீர்ப்பு படையினர் பக்கமே அமைந்தது. மான்செஸ்டரில் முன்பு இருந்த நினைவுப் பலகை இறந்தவர்களைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. 2007இல்தான் அது மாற்றப்பட்டது. ஒரு நகராட்சி செய்துகாட்டிய திருத்தத்தைப் படைப்பிரிவு அருங்காட்சியகங்கள் செய்ய முடியாது என்று நான் நம்பவில்லை.

வில்ட்ஷயரின் கதை இன்னும் நெருடலானது. 1830இன் இறுதியில், கதிரடிக்கும் இயந்திரங்கள் தங்கள் குளிர்கால வேலையைப் பறிக்கின்றன என்று தென்னிங்கிலாந்தின் பண்ணைக் கூலிகள் அவற்றை உடைத்தபோது, நவம்பர் 25 அன்று பைத்ஹவுஸ் பண்ணையருகே வில்ட்ஷயர் யோமன்ரி அவர்களுடன் மோதியது. ஜான் ஹார்டிங் என்னும் தொழிலாளி கொல்லப்பட்டார். நாடு முழுவதும் அக்கிளர்ச்சிக்காக 19 பேர் தூக்கிலிடப்பட்டனர். நூற்றுக்கணக்கானோர் ஆஸ்திரேலியாவுக்கு நாடுகடத்தப்பட்டனர். அக்கிளர்ச்சியை அடக்கிய பணிக்காகவே 1831இல் அப்படைக்கு ‘ராயல்’ என்னும் அடைமொழி கிடைத்தது. அரசரின் பரிசு எதற்காக வந்தது என்பதைச் சொல்லாமல் அந்த அடைமொழியை மட்டும் காட்சிக்கு வைப்பது பாதி வரலாறே.

இங்கிலாந்தின் வயல்களில் நடந்ததைப் பற்றித் தமிழன் ஏன் மடல் எழுத வேண்டும் என்று தாங்கள் கேட்கலாம். 1782இல் சென்னையில் கரையிறங்கி, இந்தியாவுக்கு வந்த முதல் பிரிட்டிஷ் குதிரைப்படை என்று பெயர்பெற்ற படையே பின்னர் 19ஆம் லைட் டிராகூன்ஸ் ஆயிற்று. 1803இல் மராத்தியரை எதிர்த்து அசாயேயில் போரிட்டதற்காக அப்படைக்கு யானைச் சின்னம் கிடைத்தது. 1806 ஜூலை 10 அன்று வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் கிளர்ந்தபோது, ஆற்காட்டிலிருந்து தன் அதிகாரி கில்லெஸ்பியுடன் விரைந்து வந்து அதை அடக்கியதும் அப்படையே. எதற்குச் சின்னம் உண்டு, எது மௌனமாகக் கடக்கப்படும் என்னும் வேறுபாட்டை வேலூரின் வழியாகவே நான் முதலில் உணர்ந்தேன்.

இன்று யோமன்ரியில் பணியாற்றுவோரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவது என் நோக்கமன்று. தென்னாப்பிரிக்காவின் போயர் போருக்கு இம்பீரியல் யோமன்ரியாகச் சென்றவர்களையும், 1915இல் கல்லிப்போலியில் குதிரைகளை விட்டுக் கால்நடையாகச் சிமிட்டர் குன்றை நோக்கி முன்னேறியவர்களையும், 1917 நவம்பரில் பாலஸ்தீனத்தின் ஹுஜ்ஜில் பீரங்கிகளை நோக்கி உருவிய வாளுடன் பாய்ந்த வார்விக்ஷயர், வூஸ்டர்ஷயர் வீரர்களையும் நான் மதிப்புடனே படிக்கிறேன். ஆனால் 1797இலிருந்து 1900க்கு ஒரே தாவாகத் தாவும் வரலாற்றுச் சுருக்கங்கள் அவர்களுக்கும் நியாயம் செய்வதில்லை; இடைப்பட்ட காலத்தில் படை ஏன் கலைக்கப்படாமல் காக்கப்பட்டது என்பதை அவை விளக்குவதே இல்லை.

ஆகவே, உள்நாட்டில் அழைக்கப்பட்ட ஒவ்வொரு நாளையும், அழைத்த நீதிபதியின் பெயரையும், அன்று இறந்தவர்களின் பெயர்களையும் போர்ச்சிறப்புப் பட்டியலுக்கு அருகிலேயே காட்சிக்கு வைக்குமாறும், தங்கள் காப்பறைகளில் உள்ள வருகைப் பதிவேடுகளையும் கடிதங்களையும் தொலைநாட்டு வாசகர்களும் படிக்கும்படி மின்வடிவில் திறந்துவிடுமாறும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். செலவு கருதி ஒன்றையேனும் முதலில் தொடங்குவதானால், பதிவேடுகளிலிருந்து தொடங்குங்கள்; காட்சிப் பலகைகளுக்கு வேண்டிய செய்தி அவற்றிலேயே கிடைக்கும்.

தங்கள் உண்மையுள்ள,
படைவரலாற்று வாசகன் ஒருவன்