செயலாளர் ஆண்டறிக்கை: பனையும் துரிஞ்சிலும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், நெல்லைச் சீமையின் பல ஊர்களிலிருந்து வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியாக வாசிப்பார். செயற்குழுக் கூட்டங்கள் தவறாமல் நடந்தன, நூலகத்துக்குப் புது அலமாரி வந்துவிட்டது. மற்றபடி, இந்த ஆண்டு நம் கவனமெல்லாம் துரிஞ்சில்கள் எனும் சிறு வவ்வால்கள் மேல்தான் இருந்தது.

வவ்வால் என்றதும் ஆலமரத்தில் தொங்கும் பழந்தின்னிதான் பலருக்கு நினைவுக்கு வருகிறது. நாம் பார்க்கப் போனது பூச்சி தின்னும் சிறு வவ்வால்களை. அதிலும் வெஸ்பர்டிலியோனிடே என்கிற மாலை வவ்வால் குடும்பத்தை. வவ்வால் குடும்பங்களிலேயே பெரியது இதுதான். உலகில் அறியப்பட்ட 1,400க்கும் மேற்பட்ட வவ்வால் இனங்களில் ஐந்நூறுக்கு மேல் இந்தக் குடும்பம். அதில் மயோட்டிஸ் என்ற ஒரு பேரினத்தில் மட்டும் நூற்றுக்கு மேல் இனங்கள். அண்டார்டிகா தவிர எல்லாக் கண்டங்களிலும் இவை உண்டு. கடல் தாண்டி நியூசிலாந்துக்கும் ஹவாய்க்கும்கூடப் போய்ச் சேர்ந்திருக்கின்றன. முன்பு இதே குடும்பத்தில் சேர்த்திருந்த வளைசிறகு வவ்வால்களை இப்போது தனிக் குடும்பமாகப் பிரித்துவிட்டார்கள். பழைய நூல்களைப் புரட்டும் உறுப்பினர்கள் இதை நினைவில் வைக்கவும்.

இவ்வளவு பரவியது எப்படி? குளிர்நாட்டில் பூச்சி கிடைக்காத மாதங்களில் உடல் சூட்டைத் தணித்துக்கொண்டு உறங்கிவிடும். பல இனங்களில் பெண், இணைசேர்ந்த பிறகு விந்தை உடலுக்குள்ளேயே மாதக்கணக்கில் காத்து வைத்திருந்து, குட்டிக்கு ஏற்ற பருவம் பார்த்துக் கருத்தரிக்கும். சைபீரியாவில் வளையமிட்டு விட்ட பிராண்ட் வவ்வால் ஒன்று 41 ஆண்டு கழித்து உயிரோடு பிடிபட்டிருக்கிறது. அதன் எடை சுமார் 7 கிராம்தான்! அப்புறம், தங்குமிடத்தில் இவை பிடிவாதம் பிடிப்பதில்லை. மரப்பொந்து, பாறை இடுக்கு, மூங்கில், ஓட்டுக்கூரை, சுவர் விரிசல் என்று எங்கும் ஒண்டிக்கொள்ளும்.

நம்மூரில் அந்தப் பட்டியலில் பனையும் சேரும். மஞ்சள் வயிறுடைய ஸ்கோட்டோபிலஸ் வவ்வால்கள் பனை, தென்னையின் உலர்ந்த ஓலைகளுக்கிடையே பகலைக் கழிப்பவை. நாங்குநேரி, ராதாபுரம் பக்கம் காவோலையை, அதாவது காய்ந்த ஓலையை, கழிக்காமல் விட்ட பனைகளின் அடியில் மாலையில் உட்கார்ந்திருந்தோம். வெயில் தாழ்ந்ததும் காவோலைக்குள் கீச்சுச் சத்தமும் சலசலப்பும் எழும். பிறகு ஒன்று சருகின் விளிம்புக்கு ஊர்ந்து வந்து, ஒரு கணம் தலைகீழாக நின்று, கீழ்நோக்கி விழுந்தபடியே சிறகு விரிக்கும். மழித்த பனைகளில் இந்த நடமாட்டமே இல்லை. இதை உறுப்பினர்கள் தங்கள் ஊர்களிலும் பார்த்து எழுதித் தர வேண்டும்.

சேரன்மகாதேவியில் கன்னடியன் கால்வாய்க் கரையில் கேட்புக் கருவியைப் பிடித்து நின்ற மாலைகளை மறக்க முடியாது. நம் காதுக்கு எட்டாத ஒலியை அது கேட்கும் ஒலியாக மாற்றித் தருகிறது. இதே குடும்பத்துச் சிறு வவ்வாலான பிப்பிஸ்ட்ரல் தலைக்கு மேல் சுற்றும்போது டக் டக் என்று விட்டு விட்டுக் கேட்கும். பூச்சியை நெருங்கியதும் தட்டுகள் நெருங்கி ஒரே உறுமலாகி, சட்டென்று அடங்கும். இரை அகப்பட்டாலும் தப்பினாலும் சத்தம் அப்படித்தான் அடங்கும்.

கோயில் மண்டபங்களில் பார்ப்பதெல்லாம் இந்தக் குடும்பம் அல்ல. மூக்கில் இலைபோல் மடல் இருந்தால் வேறு குடும்பம், எலிவால்போல் வால் நீண்டு தொங்கினாலும் வேறு. நம்முடையதற்கு முகம் வெறுமையாக இருக்கும், காதுக்குள் சிறு மடல் நிமிர்ந்திருக்கும், வால் ஏறக்குறைய முழுவதும் தொடைகளுக்கிடையேயான சவ்வுக்குள் அடங்கியிருக்கும். வலை கட்டிப் பிடிக்க வனத்துறை அனுமதி வேண்டும். நாம் பார்த்ததும் கேட்டதும் மட்டுமே. கீழே விழுந்து கிடந்தாலும் எந்த வவ்வாலையும் வெறுங்கையால் தொடக் கூடாது. வெறிநோய் பற்றிய எச்சரிக்கை இது, குழந்தைகளுக்கும் சொல்லி வையுங்கள்.

விவசாயிகள் கேட்ட கேள்வி, 'இதனால் வயலுக்கு என்ன லாபம்?' ஸ்பெயினில் எப்ரோ ஆற்றுக் கழிமுக நெல்வயல்களில் வவ்வால்கள் தங்க மரப்பெட்டிகள் வைத்து, அங்குள்ள பிப்பிஸ்ட்ரல்களைப் பெருக்கி, நெல் தண்டுத்துளைப்பான் பூச்சியைக் கட்டுப்படுத்தியிருக்கிறார்கள். நம் பிசானப் பருவ நெற்பயிருக்கும் அது பொருந்துமா என்று பார்த்தே ஆக வேண்டும். பெட்டி வைத்துப் பார்க்க இருவர் தங்கள் வயல் வரப்பைத் தர முன்வந்திருக்கிறார்கள். அவர்களுக்குச் சங்கத்தின் நன்றி.

சரி, வரும் ஆண்டுக்கான வேலைகள். பனையை வெட்ட மாவட்ட ஆட்சியர் அனுமதி வேண்டும் என்று 2021இல் அரசு அறிவித்தது. அது மரத்தைக் காக்கும், காவோலையைக் காக்காது. வேலிக்கும் விறகுக்கும் ஓலை தேவைதான். எனவே தோப்புக்குச் சில மரங்களையாவது கழிக்காமல் விடும்படி உறுப்பினர்கள் தங்கள் ஊர்ப் பனைத் தொழிலாளர்களிடமும் தோப்புக்காரர்களிடமும் பேச வேண்டும். களக்காட்டு வாழைத் தோட்டக்காரர்கள் சருகு அறுக்கும்போது உள்ளே செம்மஞ்சளும் கறுப்புமாக ஒரு சிறு வவ்வால் இருந்தால், அறுப்பதை நிறுத்திவிட்டு உடனே நமக்குத் தகவல் தரவும். அது கெரிவோலா பிக்டா என்ற வவ்வால் இனமாக இருக்கலாம். அழகுப் பொருளாகப் பாடம் செய்து விற்கப்படுவதே அதற்குப் பெரிய ஆபத்து. ஆகவே படம் எடுத்தாலும் இடத்தின் பெயரை வெளியே பகிர வேண்டாம்.

பெட்டிகளுக்கான செலவுக்குப் பொதுக்குழு ஒப்புதல் தர வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்