பெய்ஜிங்கின் கடைசி வார இறுதியை ஏன் விட்டுவிட்டீர்கள்?

(2022இல் எழுதிய கடிதம்)

அன்புள்ள ஆசிரியருக்கு, வணக்கம்.

பெய்ஜிங் குளிர்கால ஒலிம்பிக் 2022 பிப்ரவரி 20, ஞாயிற்றுக்கிழமை முடிந்தது. மறுநாள் உங்கள் நாளிதழின் விளையாட்டுப் பக்கத்தைத் திறந்தால் பறவைக்கூடு ஸ்டேடியத்தின் மேல் வாணவேடிக்கை, அதற்குக் கீழே பதக்கப் பட்டியல், நார்வே 16 தங்கத்துடன் முதலிடம் என்று நான்கு வரி. அவ்வளவுதான். அதற்கு முந்தைய நாட்களிலோ ஊக்கமருந்து விவகாரத்தில் சிக்கிய ரஷ்ய ஃபிகர் ஸ்கேட்டிங் வீராங்கனை கமிலா வலியேவா அழும் படம்தான் பெரிது பெரிதாக வந்தது. அந்தப் பெண்ணின் விஷயம் முக்கியமான செய்திதான், அதில் எனக்கு மறுப்பில்லை, அதைப் பற்றிக் கீழே நானே எழுதியிருக்கிறேன். ஆனால் அந்த ஒரு படத்தோடு ஒலிம்பிக்கே முடிந்துவிட்ட மாதிரி சனி, ஞாயிறு இரண்டு நாளையும் நீங்கள் கைகழுவிவிட்டது எனக்கு நிஜமாகவே வருத்தம்.

இந்தப் போட்டிகளைத் தொடர்ந்து பார்ப்பவர்களுக்குத் தெரியும், முடிய நாளாகும் ஆட்டங்களும் நீளமான ஓட்டங்களும் கடைசியில்தான் வரும். பனியில் கல்லைச் சறுக்கவிடும் கர்லிங்கின் ஆண்கள், பெண்கள் அணிப் போட்டிகளும், ஆண்கள் ஐஸ் ஹாக்கியும் லீக், அரையிறுதி என்று நாள்கணக்கில் இழுத்துக்கொண்டு வந்து கடைசி இரண்டு நாளில்தான் தங்கம் யாருக்கு என்று சொல்லும். பெய்ஜிங்கில் கிராஸ் கன்ட்ரி என்ற நெடுந்தூரப் பனிச்சறுக்கில் ஆண்களுக்கு 50 கிலோமீட்டர், பெண்களுக்கு 30 கிலோமீட்டர், நான்கு பேர் ஏறிச் சறுக்கும் பாப்ஸ்லெட் வண்டிப் போட்டி, எல்லாமே அப்போதுதான். நான்கு வருடம், எட்டு வருடம் என்று காத்திருந்தவர்களுக்கு விடை கிடைக்கிற நாட்கள் அவை. அந்த நாட்களில்தான் உங்கள் பக்கத்தில் இடம் இல்லாமல் போனது.

பிரிட்டன் பெண்கள் கர்லிங் கேப்டன் ஈவ் மியூர்ஹெட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். 2018 பியோங்சாங்கில் பிரிட்டன் பெண்கள் கர்லிங் அணி வெண்கலத்துக்காக ஜப்பானோடு ஆடியது. ஆட்டத்தின் கடைசிக் கல் மியூர்ஹெட் கையில். அது நினைத்த இடத்தில் போய் நிற்கவில்லை, வெண்கலம் ஜப்பானுக்குப் போனது. நான்கு வருடம் கழித்து அவருக்கு இது நான்காவது ஒலிம்பிக். லீக் சுற்றில் 9 ஆட்டத்தில் 5 வெற்றி, 4 தோல்வி. பிரிட்டன், ஜப்பான், கனடா மூன்றுக்கும் அதே கணக்கு, மூவரும் ஒருவரை ஒருவர் மாறி மாறி ஜெயித்தும் இருந்தார்கள். அப்புறம் எப்படிப் பிரிப்பது? ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் நடுப்புள்ளிக்கு எவ்வளவு பக்கத்தில் கல்லை நிறுத்தினார்கள் என்று அளந்து வைத்திருப்பார்கள், அந்தச் சென்டிமீட்டர் கணக்கில்தான் கனடா வெளியேறியது, மற்ற இருவரும் அரையிறுதிக்கு வந்தார்கள். வெள்ளிக்கிழமை அரையிறுதியில் ஸ்வீடன் முதல் சுற்றிலேயே 4 புள்ளி எடுத்தது. அங்கிருந்து எழுந்து வந்து, கூடுதல் சுற்று வரை போய், 12-11 என்று பிரிட்டன் ஜெயித்தது.

ஞாயிறு காலை இறுதியாட்டத்தில் எதிரே யார் என்றால், அதே ஜப்பான், அதே கேப்டன் சட்சுகி ஃபுஜிசாவா. இந்த ஆட்டத்தைப் பார்த்திராதவர்களுக்குச் சொல்கிறேன், கல் கிட்டத்தட்ட 20 கிலோ கிரானைட். வீராங்கனை அதைத் தள்ளிவிட்டு, நீட்டிய கையை மடக்காமல் முழங்கால் மடிந்தபடியே பின்னால் சறுக்கிக்கொண்டு போவார். கல்லுக்கு முன்னால் இரண்டு பேர் பிரஷ்ஷால் பனியைத் தேய்த்துக்கொண்டே போவார்கள். தேய்த்தால் பனியின் மேற்பரப்பு லேசாகச் சூடேறும், கல் இன்னும் கொஞ்சம் தூரம் போகும், வளைவதும் குறையும். தேய்ப்பதா நிறுத்துவதா என்று அந்த முனையில் நிற்கும் கேப்டன் தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருப்பார். கல்லோ அவசரமே இல்லாமல் வந்துகொண்டிருக்கும். அந்தச் சில வினாடிகள் இருக்கிறதே, பார்க்கிறவர்களுக்கே மூச்சு நின்றுவிடும். ஏழாவது சுற்றில் பிரிட்டன் ஒரேயடியாக 4 புள்ளி எடுத்ததோடு ஆட்டம் கைமீறிவிட்டது. 10-3. பெய்ஜிங்கில் பிரிட்டனுக்குக் கிடைத்த ஒரே தங்கம் இதுதான், கடைசி நாளில் கிடைத்தது. அந்த அணியில் இருந்த விக்கி ரைட் ஒரு நர்ஸ், கொரோனா நேரத்தில் ஆஸ்பத்திரி வேலைக்குத் திரும்பியவர். இதை எழுத ஒரு பத்தி போதாதா? ஒரு வரிகூட வரவில்லை.

அடுத்து காற்று. கடைசி வார இறுதி முழுக்க அட்டவணையை எழுதியது காற்றும் குளிரும்தான். பனிச்சறுக்கும் துப்பாக்கிச் சுடுதலும் சேர்ந்த பயத்லானில், எல்லாரும் ஒன்றாகப் புறப்படும் பெண்கள் மாஸ் ஸ்டார்ட்டைக் குளிருக்குப் பயந்து ஒரு நாள் முன்னதாகவே நடத்தினார்கள். சனிக்கிழமை ஆண்களின் 50 கிலோமீட்டரைத் தாமதமாகத் தொடங்கி, தூரத்தையும் 30 கிலோமீட்டர் அளவுக்குச் சுருக்கினார்கள். அதில் ஜெயித்த ரஷ்யாவின் அலெக்சாண்டர் போல்ஷுனோவுக்கு அது இந்த ஒலிம்பிக்கில் மூன்றாவது தங்கம், ஐந்தாவது பதக்கம். இதையே நினைத்துக்கொண்டு 50 கிலோமீட்டருக்கு உடம்பைத் தயார் செய்து வந்த வீரர்களுக்கு, தொடங்கும் முன் பாதித்தூரம் போதும் என்று சொன்னால் எப்படி இருக்கும்? பாதுகாப்புக்காக எடுத்த முடிவு, சரி. ஆனால் அது செய்தி இல்லையா?

மறுநாள் அதே இடத்தில், ஜாங்ஜியாகோவில், பெண்களின் 30 கிலோமீட்டர். நார்வேயின் தெரேஸ் யோஹாக் சீக்கிரமே கூட்டத்தை விட்டுப் பிரிந்துபோய், பெரும்பகுதி தூரத்தைத் தனியாகவே கடந்து ஜெயித்தார். இரண்டாவதாக வந்தவர் 1 நிமிடம் 43 வினாடி பின்னால். இந்த ஒலிம்பிக்கின் முதல் தங்கத்தை பிப்ரவரி 5 அன்று வாங்கியவரும் இவர்தான், நடுவில் 10 கிலோமீட்டரிலும் ஒரு தங்கம். இவருடைய பின்கதை தெரிந்தால்தான் இது எவ்வளவு பெரிது என்று புரியும். உதட்டுக்குப் போட்ட ஒரு க்ரீமில் க்ளோஸ்டெபால் என்ற தடை செய்யப்பட்ட பொருள் இருந்தது, டாக்டர் கொடுத்த க்ரீம். ஆனாலும் பொறுப்பு வீராங்கனையுடையதுதான் என்று 18 மாதத் தடை. 2018 ஒலிம்பிக் முழுவதையும் இழந்தார். பெய்ஜிங்குக்கு வரும்வரை அவரிடம் ஒலிம்பிக்கில் தனிநபர் தங்கம் ஒன்றுகூட இல்லை, 2010இல் ரிலேயில் வாங்கியது மட்டும்தான்.

இரண்டாவதாக வந்த அமெரிக்காவின் ஜெசி டிக்கின்ஸ் அதற்கு முந்தைய நாள்தான் உணவு ஒவ்வாமல் படுத்திருந்தார். உடம்பில் சத்தே இல்லாத நிலையில் முன்னால் போனவரையும் பிடிக்க முடியாமல், பின்னால் வருபவர்களிடமும் பிடிபடாமல், அத்தனை தூரம் ஒற்றை ஆளாகப் போராடி, எல்லைக் கோட்டைத் தாண்டியதும் அப்படியே பனியில் விழுந்தார். அன்றைய படம் என்றால் அதைத்தான் போட்டிருக்க வேண்டும் என்பேன். இந்த 30 கிலோமீட்டர், 50 கிலோமீட்டர் பதக்கங்களை நிறைவு விழாவில், பறவைக்கூடு ஸ்டேடியத்தில் வைத்துத்தான் கொடுத்தார்கள். நீங்கள் வாணவேடிக்கையைப் போட்டீர்களே, அதே இடம், அதே இரவு. (பெய்ஜிங்கில் பெண்களுக்கு ஏன் 30 மட்டும் என்றும் யாராவது கேட்டிருக்க வேண்டும். காற்றின் புண்ணியத்தில் இந்த முறை இரண்டு தரப்பும் ஏறக்குறைய ஒரே தூரம்தான் ஓடியது, பெண்களால் முடியாது என்று அதைப் பார்த்த யாருக்கும் தோன்றியிருக்காது.)

அமெரிக்கப் பனிச்சறுக்கு வீராங்கனை மிகேலா ஷிஃப்ரின் விஷயத்தில் உங்கள் மேல் எனக்குக் கோபமே உண்டு. சரிவில் கம்பங்களுக்கு நடுவே வளைந்து வளைந்து இறங்கும் ஸ்லாலமில் ஐந்தாறு வினாடியில் வெளியேறி, சரிவின் ஓரத்தில் தலையைக் கவிழ்த்து உட்கார்ந்திருந்த படத்தைப் போட்டீர்கள். சரி. அதற்குப் பிறகு அவர் என்ன செய்தார் என்று எழுதினீர்களா? மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பவில்லை. ஆல்பைன் என்ற மலைச்சரிவுச் சறுக்குப் போட்டிகள் ஆறிலும் இறங்கினார். சனிக்கிழமை நடக்க வேண்டிய கலப்பு அணிப் போட்டி காற்றால் ஞாயிற்றுக்கிழமைக்குத் தள்ளிப்போனபோதும் இருந்து ஆடினார். வெண்கலத்துக்கான மோதலில் நார்வேயோடு 2-2 என்று சமமாகி, நேரக் கணக்கில் அமெரிக்கா தோற்றது. நான்காவது இடம், ஒரு பதக்கமும் இல்லை. உட்கார்ந்தது செய்தி என்றால் எழுந்து வந்ததும் செய்திதான்.

ஐஸ் ஹாக்கியில் ஃபின்லாந்து ரஷ்ய அணியை 2-1 என்று வென்று வரலாற்றில் முதல் முறையாகத் தங்கம் வாங்கியது, ஹன்னஸ் பியோர்னினன் மூன்றாவது பகுதி தொடங்கிய 31 வினாடியில் போட்ட கோல்தான் தீர்மானித்தது. அமெரிக்க பாப்ஸ்லெட் வீராங்கனை எலானா மேயர்ஸ் டெய்லர் பெய்ஜிங்கில் வந்து இறங்கியதும் கொரோனா உறுதியாகி, தொடக்க விழாவில் அமெரிக்கக் கொடியைப் பிடிக்கும் வாய்ப்பை இழந்தார். இரண்டு பாப்ஸ்லெட் பதக்கங்களோடு நிறைவு விழாவில் அதே கொடியைப் பிடித்து வந்தார். இவை எல்லாம் ஒரே வார இறுதியில்.

இப்போது வலியேவா. டிசம்பர் 25இல் எடுத்த ஊக்கமருந்துச் சோதனையின் முடிவு பிப்ரவரி 8இல் வருகிறது, அதாவது அவர் ஆடிய ரஷ்யா முதலிடம் பிடித்த ஸ்கேட்டிங் அணிப் போட்டி முடிந்த மறுநாள். 15 வயதுப் பெண். விளையாட்டு வழக்குகளுக்கான நடுவர் நீதிமன்றம் ஆட அனுமதித்தது, வியாழக்கிழமை தனிநபர் போட்டியில் அவர் தடுமாறித் தடுமாறி விழுந்து நான்காவதாக வந்தார். வெளியே வந்தவரைப் பயிற்சியாளர் எதிர்கொண்ட விதத்தில் இருந்த குளிர்ச்சியைக் கண்டு சர்வதேச ஒலிம்பிக் கமிட்டியின் அப்போதைய தலைவர் தாமஸ் பாக்கே மறுநாள் வருத்தப்பட்டுப் பேசினார். அந்தக் குழந்தையைச் சுற்றி இருந்த பெரியவர்கள் பதில் சொல்லியே ஆக வேண்டும், அதைக் கேட்டுத் தலையங்கம் எழுதுங்கள், நான் முதலில் படிப்பேன். ஆனால் அழுகிற முகத்தை நாள்தோறும் பெரிதாக்கிப் போடுவது அவரை இன்னொரு முறை விழவைப்பதுதான்.

இந்த விவகாரத்தில் உங்கள் பக்கத்தில் சுத்தமாக இடமே கிடைக்காதவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். பிப்ரவரி 7இல் முடிந்த அந்த அணிப் போட்டியில் அமெரிக்கா இரண்டாவது, ஜப்பான் மூன்றாவது. விசாரணை முடியாததால் பதக்க விழாவே நடத்தவில்லை. அமெரிக்க ஸ்கேட்டர்கள் 9 பேர் நிறைவு விழாவுக்குள் பதக்கத்தைக் கொடுங்கள் என்று நடுவர் நீதிமன்றம் வரை போய்ப் பார்த்தார்கள், மறுத்துவிட்டார்கள். விதிப்படி ஆடி, ஜெயித்து, மேடையில் நிற்காமல் வெறுங்கையோடு ஊர் திரும்பினார்கள். அடுத்தவர் மேல் நடக்கும் விசாரணைக்கு இவர்கள் ஏன் காத்திருக்க வேண்டும்? முதலிடத்தை நிறுத்தி வைத்துவிட்டு, வெள்ளியையும் வெண்கலத்தையும் கொடுத்திருக்கலாம், பின்னால் மாறினால் மாற்றிக்கொடுக்கலாம் என்பது என் கருத்து. நடைமுறையில் சிக்கல் என்பார்கள். மேடையில் அந்த ஒரு நாள் போனால் போனதுதான், அந்தச் சிக்கலைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

பெய்ஜிங்குக்கு அடுத்த குளிர்கால ஒலிம்பிக் 2026இல் இத்தாலியின் மிலன், கார்டினாவில். அதற்கு இப்போதே சொல்லி வைக்கிறேன்: கடைசி சனி, ஞாயிறுக்கு ஒரு பக்கம் ஒதுக்குங்கள். பட்டியல் சின்னதாக ஓரத்தில் இருக்கட்டும். போட்டி என்ன, எப்படி ஆடுவது என்று நான்கு வரி, எத்தனை வினாடி வித்தியாசம் என்ற கணக்கு, நான்காவதாக வந்தவர் பெயர், இது போதும். அதுவரைக்கும் ஒரு வேலை இருக்கிறது. அந்த அணிப் போட்டிப் பதக்கங்கள் எந்த மாதம், எந்த வருடம் கொடுக்கப்பட்டாலும் சரி, அன்றைக்கு அதை உள்பக்கத்தின் மூலையில் தள்ளாமல் முழுச் செய்தியாகப் போடுங்கள், வாங்கியவர்கள் ஒவ்வொருவர் பெயரோடும்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகர்