இத்தாலியப் படங்களைத் திரையிடும் திரைப்படச் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

திரைப்படச் சங்க நிர்வாகிகளுக்கு வணக்கம்.

‘சினிமா பாரடைசோ’ திரையிடும் நாளில் வாசலில் ஒரு பக்கத் தாள் கொடுப்பீர்கள். இயக்கம் ஜூசெப்பே டொர்னட்டோரே, இசை என்னியோ மோரிகோன் என்று அதில் இருக்கும். தயாரிப்பாளர் ஃபிராங்கோ கிரிஸ்டால்டியின் பெயர் பெரும்பாலும் இருக்காது. அதைச் சேருங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல். மரியாதைக்காக மட்டும் கேட்கவில்லை. அவர் வேலையைச் சொல்லாமல், நீங்கள் காட்டுவது எந்த ‘சினிமா பாரடைசோ’ என்பதையே பார்வையாளருக்கு விளக்க முடியாது.

1988 இறுதியில் இத்தாலியில் வெளியானபோது படம் 155 நிமிடம். கூட்டம் வரவில்லை. பிறகு சுமார் 124 நிமிடமாகக் குறைத்தார்கள். 1989இல் கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசும் 1990இல் ஆஸ்கரும் வாங்கியது அந்தக் குறைத்த வடிவம்தான். 2002இல் 173 நிமிட வடிவம் ஒன்றும் திரைக்கு வந்தது. குறைத்தபோது போனது என்ன? முக்கியமாக, நாயகன் சால்வத்தோரேயின் இளமைக் காதலியான எலேனா நடுவயதில் வரும் பகுதி. அந்த வேடத்தில் நடித்தவர் பிரிஜித் ஃபோஸ்ஸே என்ற பிரெஞ்சு நடிகை.

சிசிலிக் கதைக்குள் பிரெஞ்சு நடிகை எப்படி வந்தார்? படம் இத்தாலி–பிரான்ஸ் கூட்டுத் தயாரிப்பு. கிரிஸ்டால்டியின் நிறுவனத்தோடு பாரிஸின் லே ஃபிலிம் ஆரியான் பணம் போட்டது. இத்தகைய ஒப்பந்தத்தில் பணம் போடும் நாட்டுக்கு நடிகர்களிலும் தொழில்நுட்பக் கலைஞர்களிலும் பங்கு கொடுத்தாக வேண்டும். திரையரங்கில் படம் ஓட்டும் ஆல்ஃப்ரெடோவாக வரும் பிலிப் நுவாரே, நடுவயது சால்வத்தோரேயாக வரும் ழாக் பெரேன் இருவருமே பிரெஞ்சுக்காரர்கள். இத்தாலிய வடிவத்தில் நாம் கேட்பது நுவாரேயின் குரல் அல்ல, டப்பிங் கலைஞரின் குரல். இத்தாலியில் குரலைப் பிறகு சேர்ப்பது நெடுநாள் வழக்கம் என்பதால் வெளிநாட்டு நடிகரைப் போடுவதில் மொழி தடையாக இருக்கவில்லை. திரையில் தெரியும் முகங்கள் வரை தயாரிப்பாளரின் கை இருக்கிறது.

கிரிஸ்டால்டி 1924இல் டூரினில் பிறந்தவர். 1946இல் அங்கேயே வீடெஸ் நிறுவனத்தைத் தொடங்கி, ஆவணக் குறும்படங்கள் எடுத்துத் தொழில் பழகி, பிறகு ரோமுக்குப் போனார். அன்றைய இத்தாலியில் தயாரிப்பாளர் சொந்தப் பணத்தை முழுதாகப் போட்டுப் படம் எடுப்பது அரிது. கதைச் சுருக்கமும் நடிகர் பட்டியலும் கொண்டுபோய் விநியோகஸ்தரிடம் மினிமம் கியாரண்டி, அதாவது படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் தருவதாக ஒப்புக்கொள்ளும் குறைந்தபட்சத் தொகை, வாங்குவார். கோடம்பாக்கத்தில் எம்.ஜி. என்கிறோமே, அதேதான். அது ரொக்கமாக வராது, தவணைத் தேதி போட்ட புரோநோட்டாக வரும். அதை வங்கியில் வட்டி கழித்து மாற்ற வேண்டும். பாங்கா நாசியோனாலே தெல் லவோரோ வங்கியில் சினிமாக் கடனுக்கென்றே 1935இல் தனிப் பிரிவு தொடங்கினார்கள். படப்பிடிப்பு இழுத்தாலும் வட்டி நிற்காது.

பட்டியலில் உள்ள பெயர்களைப் பார்த்துத்தான் கியாரண்டித் தொகை. 1958இல் கிரிஸ்டால்டியின் தயாரிப்பில் மரியோ மொனிசெல்லி ‘இ சொலித்தி இஞ்ஞோத்தி’ என்ற திருட்டு நகைச்சுவைப் படத்தை எடுக்கும்போது விட்டோரியோ காஸ்மனை நகைச்சுவை வேடத்தில் போடத் தயாரிப்புத் தரப்பு தயங்கியது. அதுவரை அவர் நாடகக் கதாநாயகன், வில்லன். ஒப்பனையில் நெற்றியையும் மூக்கையும் மாற்றினார்கள். ஈடுகட்ட, மக்களுக்குப் பிடித்த நகைச்சுவை நடிகர் டோட்டோவைச் சிறிய வேடத்தில் சேர்த்தார்கள். இரும்புப் பெட்டகத்தை உடைக்கக் கற்றுக்கொடுக்கும் அந்தக் கிழவராக டோட்டோ வரும் காட்சியைப் பார்க்கும்போது இந்தக் கணக்கும் நினைவுக்கு வரட்டும்.

பணம் கைக்கு வந்ததும் திரைக்கதையைப் பிரிப்பார்கள். காட்சிக்கு ஒரு தாள்: இடம், பகலா இரவா, யார் யார், துணை நடிகர் எத்தனை பேர், என்ன பொருள், எந்த வண்டி. அந்தத் தாள்களைக் கதை வரிசையில் அடுக்காமல் இடவாரியாகவும் நடிகரின் தேதிவாரியாகவும் அடுக்கினால் படப்பிடிப்புத் திட்டம் கிடைக்கும். ஒவ்வொரு மாலையும் மறுநாளுக்கான ‘ஓர்தினே தெல் ஜோர்னோ’ தாள் வெளியாகும். யாரை எத்தனை மணிக்கு வண்டி ஏற்ற வேண்டும், ஒப்பனைக்கு எப்போது உட்கார வேண்டும் என்பதெல்லாம் அதில் இருக்கும். ‘செஸ்தீனோ’ என்கிற சாப்பாட்டுப் பொட்டலத்தின் எண்ணிக்கையும் அதை வைத்தே. இருநூறு துணை நடிகர்களை அழைத்து நூற்றைம்பது பொட்டலம் வாங்கினால் பிற்பகல் வேலை நடக்காது.

கணக்கு கைமீறினால் என்ன ஆகும் என்பதற்கு டைட்டானஸ் என்ற இத்தாலியத் தயாரிப்பு நிறுவனமே சான்று. அதன் தலைவர் கோஃப்ரெடோ லொம்பார்டோ தயாரித்த ‘இல் கத்தோபார்தோ’வின் (ஆங்கிலத்தில் ‘தி லெப்பர்ட்’) நடனக் காட்சியைப் பலேர்மோவின் கான்ஜி அரண்மனையில் எடுத்தார்கள். கோடை வெக்கை தாங்காமல் படப்பிடிப்பு இரவுக்குப் போனது. சரவிளக்குகளில் உண்மையான மெழுகுவர்த்திகள். அவை உருக உருக மாற்றிப் பற்றவைக்க வேண்டும், அதுவரை முழு உடையில் துணை நடிகர்கள் காத்திருக்க வேண்டும். அந்தக் காத்திருப்புக்கும் கூலி உண்டு. 1963இல் படம் கான் விழாவின் தங்கப் பனை விருதை வென்றது. ஆனாலும் அதன் செலவும், அதற்கு முந்தைய ‘சோதோம் அண்டு கொமோரா’வின் செலவும் சேர்ந்து, 1964இல் டைட்டானஸ் படத் தயாரிப்பையே நிறுத்த நேர்ந்தது.

ஆகவே உங்கள் தாளில் நான்கு வரி கூட்டுங்கள்: தயாரிப்பாளர், தயாரிப்பு மேலாளர், கூட்டுத் தயாரிப்பு நாடுகள், இன்று காட்டும் வடிவத்தின் நிமிடக் கணக்கு. இத்தாலியப் படங்களின் பெயர்ப் பட்டியலில் ‘ப்ரொதோத்தோ தா’ என்று வந்தால் தயாரிப்பாளர், ‘திரெத்தோரே தி ப்ரொதுத்சியோனே’ என்று வந்தால் தயாரிப்பு மேலாளர். பழைய படங்களில் இவை தொடக்கத்திலேயே வந்துபோகும். நிமிடக் கணக்கைக் குறுந்தகட்டு உறையிலிருந்து எடுக்காதீர்கள். திரையிடும் பிரதியை முந்தின நாளே ஓட்டிப் பார்த்து எழுதுங்கள்.