பறவை நோக்கர் சங்கம், கோவை: 2024–25 ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், விடுமுறை நாளிலும் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உங்கள் எல்லோருக்கும் வணக்கம். 2024 ஏப்ரல் முதல் 2025 மார்ச் வரை சங்கத்தில் நடந்தவற்றை உங்கள் முன் வைக்கிறேன்.

செயற்குழு இரண்டு மாதத்துக்கு ஒருமுறை கூடியது. ஒரு கூட்டம் மட்டும் குறைந்தபட்ச எண்ணிக்கை சேராமல் தள்ளிப்போனது. நவம்பர் 12, சாலிம் அலி பிறந்த நாளன்று பள்ளிப் பிள்ளைகளுக்கு ஓவியப் போட்டி நடத்தினோம். ஜனவரியில் பொங்கல் பறவைக் கணக்கெடுப்பிலும், பிப்ரவரியில் உலகம் முழுக்க நடக்கும் கொல்லைப்புறப் பறவைக் கணக்கெடுப்பிலும் கலந்துகொண்டோம். ஆனைகட்டிக்குப் போவதாக இருந்த ஒருநாள் பயணம், வேன் நிரம்பாததால் நடக்கவில்லை. மருதமலை அடிவாரத்தில் மாலை நடைக்கு ஏற்பாடு செய்திருந்தோம். யானை நடமாட்டம் இருப்பதாகத் தெரிந்ததும் நிறுத்திவிட்டோம். அதில் யாருக்கும் வருத்தம் இருக்காது என நம்புகிறேன்.

அடுத்து, இந்த ஆண்டு சங்கம் செய்த பெரிய வேலையான ஒலிப் பதிவேடு, அதாவது பறவைகளின் குரலைக் கேட்டு எழுதிவைக்கும் பதிவேடு. இது தேவையா, இதற்கு இவ்வளவு செலவா என்று சிலர் கேட்டிருப்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

சங்கம் தொடங்கிய நாளிலிருந்து நம் பட்டியல்கள் எல்லாம் கண்ணால் பார்த்ததை வைத்தே எழுதப்பட்டவை. குளத்துக்கு அது போதும். கிருஷ்ணாம்பதி குளக்கரையில் நின்றால் நாமக்கோழியும் தாழைக்கோழியும் நம் முன்னாலேயே மேய்கின்றன. ஆனால் பேரூர் படித்துறைக்கு மேலே, நொய்யல் கரையோரத் தென்னந்தோப்புக்குள் போய்ப் பாருங்கள். அங்கே பறவை முதலில் காதில்தான் விழும். கண்ணில் படுவது அப்புறம், பல நாள் படுவதே இல்லை. மாம்பழச்சிட்டு இலைக்குள் உட்கார்ந்து நீளமாக ஒரு சீழ்க்கை அடித்துச் சட்டென்று இறக்கும். அந்தப் பச்சைக்குள் அந்த மஞ்சளைத் தேடிக் கழுத்து வலித்ததுதான் மிச்சம். செம்மார்புக் குக்குறுவான் இன்னும் மோசம். ஒரே சீராகத் தட்டிக்கொண்டே தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பும். சத்தம் ஒவ்வொரு கணமும் வேறு கிளையிலிருந்து வருவதுபோல் இருக்கும். கண்ணை மட்டும் நம்பி எழுதினால், தினமும் அங்கே இருக்கும் பறவைகளே பட்டியலில் வராமல் போய்விடுகின்றன.

அதனால் தோப்பு, படித்துறை, குளக்கரை என்று மூன்று இடங்களைத் தேர்ந்து, மாதாமாதம் விடியற்காலையில் போய்க் கேட்டு எழுதுவது என்று முடிவு செய்தோம். விடியற்காலை ஏன் என்று புதியவர்கள் கேட்கிறார்கள். அந்த நேரத்தில் காற்று அடங்கியிருக்கும், வண்டிச் சத்தம் குறைவு, குரல் தூரம் போகும். ஆண் பறவைகள் தங்கள் எல்லையைச் சொல்லிப் பாடுவதும் அப்போதுதான் அதிகம். இருட்டு முழுதாக விலகும் முன்பே கரிச்சான் தொடங்கிவிடும். மார்ச்சுக்கு மேல் குண்டுக்கரிச்சானும் சேர்ந்துகொள்ளும். வெயில் ஏறியபின் வருபவருக்கு மிஞ்சுவது காக்கையும் தவிட்டுக்குருவியும்தான்.

பதிவேட்டில் ஒவ்வொரு வரியிலும் நாள், நேரம், இடம், காற்று எப்படி இருந்தது, யார் கேட்டது, பறவையைப் பார்த்தோமா இல்லையா என்பதெல்லாம் இருக்கும். கேட்டது ஒரு கட்டத்தில், பார்த்தது வேறு கட்டத்தில். கேட்டு மட்டும் எழுதுவதானால் இருவர் ஒத்துக்கொள்ள வேண்டும். குரலைக் கேட்டபடியே தமிழ் எழுத்தில் எழுத வேண்டும், பெயர் அதற்குப் பிறகுதான். இந்த வரிசையில் நான் பிடிவாதமாக இருந்தேன் என்பது உண்மை. பெயரை முதலில் எழுதிவிட்டால் காதும் அந்தப் பெயருக்குத் தக்கபடியே கேட்கத் தொடங்கிவிடும்.

பலன் இல்லாமல் இல்லை. குயில் என்றால் கூவும் என்றே நம் உறுப்பினர்களில் பலர் நினைத்திருந்தார்கள். கூவுவது கறுத்த ஆண். உடம்பெல்லாம் புள்ளியாக இருக்கும் பெட்டை ‘கிக் கிக் கிக்’ என்று வேகமாகக் கத்திக்கொண்டு பறக்கும். பழைய குறிப்புகளில் கேள்விக்குறி போட்டு விட்டிருந்த பல வரிகள் இந்தப் பெட்டைதான் என்று இப்போது தெரிகிறது. குளிர்காலத்தில் நம் ஊருக்கு வரும் கதிர்குருவிகளில் இரண்டு வகை அசப்பில் ஒன்றுபோலவே இருக்கும். இரண்டும் உச்சிக்கிளையில் ஓர் இடத்தில் நிற்காமல் தத்திக்கொண்டிருக்கும். பைனாகுலரில் பார்த்துப் பிரிப்பது பெரும்பாடு. குரலில் ஒன்று இரண்டசை, மற்றது மூன்றசை. பழகிய காதுக்கு அது போதும். அக்டோபரில் தோப்பின் ஓரத்தில் ஆறுமணிக்குருவியின் இரண்டு சுரச் சீழ்க்கையைக் கேட்டோம். வடக்கேயிருந்து இரவில் பறந்து வரும் பறவை அது. சருகுக்குள் இறங்கிவிட்டால் லேசில் பார்க்க முடியாது. காலையும் மாலையும் அது குரல் கொடுக்கும் அந்தச் சிறிது நேரத்தில் நாம் அங்கே இருந்தாக வேண்டும்.

எல்லாவற்றையும் காதால் பிரித்துவிட்டோம் என்றும் சொல்லவில்லை. பச்சைக் குக்குறுவான்களில் இரண்டு வகையும் ‘குட்ரூ குட்ரூ’ என்றே கத்துகின்றன. தொடக்கத்தில் வரும் உருட்டலை வைத்துப் பிரிக்கலாம் என்றாலும், தூரத்திலிருந்து கேட்டால் நிச்சயமில்லை. பார்க்காதபோது பதிவேட்டில் ‘குக்குறுவான்’ என்று மட்டும் எழுதியிருக்கிறோம். எண்ணிக்கை குறைகிறதே என்று ஒருவர் வருத்தப்பட்டார். குறையட்டும்.

இங்கே செயலி பற்றிச் சொல்ல வேண்டும். கார்னெல் பல்கலைக்கழகத்தின் மெர்லின் செயலியில் ஒலியை வைத்து அடையாளம் காணும் வசதி 2021இல் வந்தது. குரலின் சுருதி ஏற்ற இறக்கங்களைப் படமாக மாற்றி, அந்தப் படத்தை ஏற்கெனவே பழகிய படங்களோடு ஒப்பிட்டுப் பெயர் சொல்கிறது. நல்ல கருவி. நானும் வைத்திருக்கிறேன். புதியவர்களுக்கு முதலில் இதைத்தான் காட்டுகிறேன். ஆனால் நம் வாட்ஸப் குழுவில் இந்த ஆண்டு நடந்தது வேறு. ஃபோனை மாடிக் கைப்பிடிச் சுவரில் வைத்துவிட்டு உள்ளே போய்க் காப்பி குடித்துவிட்டு வந்து, திரையில் இருக்கும் பெயர்களை அப்படியே படம் பிடித்துப் போடுகிறார்கள். ‘இன்றைய பட்டியல்’ என்று தலைப்பு வேறு. அதைப் பதிவேட்டில் சேர்க்க மறுத்தேன் என்பதுதான் என் மேல் இருக்கும் புகார்.

ஏன் மறுத்தேன் என்பதற்கு ஒரு காலையைச் சொல்கிறேன். ஜனவரியில் படித்துறையில் நின்றிருந்தோம். ‘கி-கீ, கி-கீ’ என்று கூர்மையாக ஒரு குரல். செயலி வல்லூறு என்றது. உடன் வந்த இருவரும் எழுதப் போனார்கள். கொஞ்சம் பொறுங்கள் என்றேன். எதிரே புல்தரையில் மைனாக்கள் மேய்ந்துகொண்டிருந்தன. மேலே மின்கம்பியில் ஒரு கரிச்சான். அது அலகைத் திறந்தது, அதே ‘கி-கீ’. மைனாக்கள் பதறி எழும்பிய வேகத்தில் ஒன்று அலகிலிருந்த பூச்சியை விட்டுவிட்டது. கரிச்சான் செங்குத்தாக இறங்கி அதை எடுத்துக்கொண்டு கம்பிக்குத் திரும்பியது. சுற்றிலும் வல்லூறு எதுவும் இல்லை. அந்தக் குரலுக்குச் செயலி சொன்ன பதிலில் குறையில்லை, அது வல்லூறின் குரலேதான். கத்தியது யார் என்று சொல்ல அங்கே ஓர் ஆள் நிற்க வேண்டும். சங்கம் என்று ஒன்று இருப்பதே அதற்காகத்தான் என்று நான் நினைக்கிறேன்.

தோப்புக்காரர் ஒரு பெரியவர் நமக்குப் பலமுறை கதவைத் திறந்துவிட்டார். இருட்டத் தொடங்கிய நேரத்தில் வேலியோரம் ‘டக்... டக்... டக்’ என்று தொடங்கி வரவர வேகமெடுத்து ‘டர்ர்ர்’ என்று முடியும் குரலைக் கேட்டு நாங்கள் விழித்தபோது, “ஏனுங்க, இது தெரியாதுங்களா? பக்கிங்க. கோலிக்குண்டு துள்ளி அடங்குற மாதிரியே கத்துமுங்க” என்றார். பக்கி என்பது இரவில் பூச்சி பிடித்துத் தின்னும் பறவை. பதிவேட்டில் அவர் சொன்ன வாக்கியத்தையே எழுதி வைத்திருக்கிறேன். இதைவிட நன்றாக யாரும் சொல்லிவிட முடியாது. இப்படிப்பட்டவர்களின் காதில் இருப்பதை அவர்கள் இருக்கும்போதே எழுதிவைப்பதும் இந்தப் பதிவேட்டின் வேலை.

ஒலிப்பதிவுக் கருவி வாங்கியது பற்றி. ஃபோனில் பதிந்தால் காற்றும் சாலை இரைச்சலும் குரலை மூழ்கடிக்கின்றன. ஒரு திசையை மட்டும் கேட்கும் மைக்கும், காற்றுத் தடுக்கும் பஞ்சு உறையும் இருந்தால்தான் பின்னால் வருகிறவர் கேட்டுச் சரிபார்க்க முடியும். இது செயற்குழுவில் பேசி எடுத்த முடிவு, நிகழ்ச்சிக் குறிப்பில் இருக்கிறது. அன்று வராதவர்கள் அதைப் படித்துப் பார்க்கலாம். விலையில் ஒரு பகுதியை வெளியூரில் இருக்கும் உறுப்பினர் ஒருவர் பெயர் சொல்லக் கூடாது என்று சொல்லிக் கொடுத்தார். கருவி என் வீட்டில் இருப்பதாகப் பேச்சு வந்தது. சங்கத்துக்கு அறை இல்லை, அதனால் என் வீட்டில் இருக்கிறது. எந்த உறுப்பினரும் எடுத்துப் போகலாம், இதுவரை யாரும் கேட்கவில்லை.

பதிந்த குரலைத் திரும்ப ஒலிக்கவிட்டுப் பறவையை வரவழைப்பதில்லை என்று முடிவு செய்திருக்கிறோம். வேறு ஓர் ஆண் தன் எல்லைக்குள் வந்துவிட்டதென்று நினைத்து அது கூட்டையும் இரையையும் விட்டு அலையும். படம் எடுக்கும் உறுப்பினர்கள் சிலருக்கு இதில் மனத்தாங்கல் உண்டு. இந்த விதியை மாற்ற நான் உடன்பட மாட்டேன்.

வருகை பற்றி எழுதாமல் இருக்க முடியவில்லை. பெயர்ப் பட்டியலில் அறுபது பேருக்கு மேல் இருக்கிறார்கள். காலை நடைக்கு வருகிறவர்களை ஒரு கைவிரல்களில் எண்ணிவிடலாம், அதுவும் அதே முகங்கள். வேலை, பிள்ளைகளின் படிப்பு, வீட்டில் பெரியவர்களின் உடல்நிலை, எல்லாம் புரிகிறது. ஆனால் ‘வருகிறேன்’ என்று முந்தின இரவு கட்டைவிரல் காட்டிவிட்டு வராமல் இருப்பது வேறு. படித்துறையில் இருட்டில் ஒருவரே நின்று காத்திருந்த நாட்கள் உண்டு. ஒருவர் மட்டும் கேட்டது பதிவேட்டில் ஏறாது என்ற விதியால், அந்த நாட்களில் கேட்டதெல்லாம் வீணானது. எனக்கு இதில் வருத்தம் அதிகம், மறைக்கவில்லை.

பள்ளிகளில் ஒரு பள்ளி மட்டும் தொடர்ந்து ஒத்துழைத்தது. எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குப் பத்துக் குரல்களைப் போட்டுக்காட்டினோம். ஆள்காட்டிக் குருவியின் குரலைக் கேட்டதும் ஒரு சிறுமி, தன் வீட்டுக்குப் பின்னால் இரவில் அது கத்தினால் யாரோ வருகிறார்கள் என்று பாட்டி விளக்கைப் போடுவார் என்றாள். இன்னொரு பள்ளியில் நாள் குறித்துக் கொடுத்துவிட்டு, போனபோது தேர்வு என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

வரவு செலவு: சந்தா, நன்கொடை, முந்தைய ஆண்டின் இருப்பு ஆகியவை வரவு. கருவி, அச்சு, தேநீர், பரிசுப் பொருட்கள் ஆகியவை செலவு. கையிருப்பு சென்ற ஆண்டைவிடக் குறைவு, ஆனால் கடன் எதுவும் இல்லை. தணிக்கை செய்த கணக்கைப் பொருளாளர் தனியாக வைப்பார். சந்தா பாக்கி வைத்திருப்பவர்களின் பட்டியலை இங்கே வாசிக்கப் போவதில்லை. இரண்டு ஆண்டுகளாகக் கட்டாதவர்களும் அதில் உண்டு, அவர்களில் சிலர் கருவிச் செலவைக் கேள்வி கேட்டவர்களும்கூட. இன்று வாசலில் பொருளாளர் ரசீதுப் புத்தகத்தோடு இருப்பார்.

தலைவருக்கும், துணைத் தலைவருக்கும், கணக்கை ஒழுங்காக வைத்திருக்கும் பொருளாளருக்கும், கூட்டத்துக்கு இடம் கொடுத்த மண்டபத்தாருக்கும், தேநீர் ஏற்பாடு செய்த உறுப்பினர் குடும்பங்களுக்கும், தோப்புக்காரப் பெரியவருக்கும் சங்கத்தின் நன்றி.

அடுத்த ஆண்டு பற்றி வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறேன். பதிவேடு ஓராண்டு ஓடியிருக்கிறது. எந்தப் பறவை எந்த மாதம் குரல் கொடுக்கத் தொடங்குகிறது, எப்போது நிறுத்துகிறது, குளிர்கால விருந்தாளிகள் எப்போது வந்து எப்போது போகின்றன என்பதெல்லாம் தெரிய இன்னும் சில ஆண்டுகள் விடாமல் கேட்க வேண்டும். நடுவில் ஒரு மாதம் விட்டாலும் ஒப்பிட முடியாது. மூன்று இடங்களையும் என்னோடு வரும் நாலைந்து பேரே பார்த்துக்கொள்வது இனி முடியாது. என் காதும் முன்போல இல்லை. தேன்சிட்டின் மெல்லிய குரல் இப்போதெல்லாம் பக்கத்தில் இருப்பவர் சொன்ன பிறகே எனக்குப் பிடிபடுகிறது. செயலாளர் பொறுப்பை வேறு யாராவது எடுத்துக்கொள்ள முன்வந்தால் பதிவேடு, கருவி இரண்டையும் மகிழ்ச்சியோடு கொடுத்துவிட்டுக் கூடவே நடக்க வருவேன். யாரும் வரவில்லையென்றால் இன்னும் ஓராண்டு பார்க்கிறேன். ஆனால் ஒவ்வோர் இடத்துக்கும் இருவர் பொறுப்பேற்க வேண்டும் என்பதை இந்தப் பொதுக்குழு இன்றே முடிவு செய்ய வேண்டும். இளம் காதுடையவர்களாக இருந்தால் நல்லது.

அடுத்த கேட்பு நடை வரும் ஞாயிறு காலை 5.30 மணிக்குப் பேரூர் படித்துறையில். பெயர் கொடுப்பவர்கள் கூட்டம் முடிந்ததும் என்னிடம் வரவும்.

இப்படிக்கு,
செயலாளர்