இரண்டு பிளாக்பர்ன்களும் ஒரு கேள்வியும்

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த மாநில சுயாட்சிக் கட்டுரையில், ஸ்காட்லாந்துக்குத் தனி மன்றம் வந்த பிறகும் அதன் எம்.பி.க்கள் இங்கிலாந்தின் விவகாரங்களில் ஓட்டுப் போடலாமா என்ற 'மேற்கு லோதியன் கேள்வி' ஒரே வரியில் வந்து போனது. அதைக் கேட்ட பிரிட்டிஷ் எம்.பி. ஸ்காட்லாந்துக்காரராக இருந்தும் இங்கிலாந்தின் பக்கம் நின்றவர் என்று கட்டுரையாளர் தீர்ப்பும் எழுதிவிட்டார். எனக்கு அது சரியாகப் படவில்லை.

முதலில் அவர் பெயர். டாம் டால்யெல் என்று அச்சாகியிருக்கிறது. எழுத்துக்கூட்டிப் படித்தால் அப்படித்தான் வரும். ஆனால் அந்த ஊர்க்காரர்கள் சொல்வது டீயெல்.

இவருடைய தொகுதியான ஸ்காட்லாந்தின் மேற்கு லோதியனில் பிளாக்பர்ன் என்றொரு சிற்றூர் உண்டு. இங்கிலாந்தின் லங்காஷயரிலும் பிளாக்பர்ன் உண்டு. 1977இல் ஸ்காட்லாந்துக்குத் தனி மன்றம் தரும் மசோதா வந்தபோது அவர் கேட்டது இதைத்தான்: லங்காஷயர் பிளாக்பர்னின் பள்ளிக்கூட விவகாரத்தில் நான் ஓட்டுப் போடலாம், எனக்கு ஓட்டுப் போட்ட பிளாக்பர்னின் பள்ளிக்கூடம் புதிய மன்றத்தின் கைக்குப் போய்விடுவதால் அதைப் பற்றிப் பேசக்கூட முடியாது என்றால் இது என்ன ஏற்பாடு? இதையே அவர் விடாமல் கேட்கவும், சக எம்.பி. ஈனக் பவல் எழுந்து இதற்கு 'மேற்கு லோதியன் கேள்வி' என்றே பெயர் வைத்துவிடலாம் என்றார். பெயர் நிலைத்துவிட்டது. அந்த மசோதாவைக் கொண்டுவந்தது டீயெலின் சொந்தக் கட்சியான தொழிற்கட்சியின் அரசு. பதவி வேண்டும் என்று நினைப்பவர் செய்கிற காரியமா இது?

அவர் வாழ்க்கை முழுவதுமே இப்படித்தான். மேட்டுக்குடிப் பிள்ளைகள் படிக்கும் ஈட்டன் பள்ளியில் படித்த பிரபுக் குடும்பத்துப் பிள்ளை. கேம்பிரிட்ஜில் பழமைவாதக் கட்சி மாணவர் சங்கத்துக்குத் தலைவராக இருந்தவர், சூயஸ் கால்வாய்க்காக பிரிட்டன் எகிப்தின் மீது படையெடுத்த 1956 சூயஸ் விவகாரத்துக்குப் பிறகு தொழிற்கட்சிக்கு வந்தார். பரம்பரையாக வந்த 'சர்' பட்டத்தைப் போட்டுக்கொண்டதே இல்லை. 1962 இடைத்தேர்தலில் ஜெயித்து 2005 வரை, 43 ஆண்டுகள், நாடாளுமன்றத்தில் இருந்தார்.

1982இல் அர்ஜென்டினாவுடன் பிரிட்டன் நடத்திய ஃபாக்லாந்து போரை எதிர்த்ததால் கட்சியில் இருந்த பொறுப்பும் போனது. அப்புறம்தான் பெல்கிரானோ. யாரும் நுழையக் கூடாது என்று பிரிட்டன் அறிவித்திருந்த விலக்கு மண்டலத்துக்கு வெளியே, தாய்நாட்டின் திசையில் போய்க்கொண்டிருந்த அந்த அர்ஜென்டினக் கப்பலை மூழ்கடித்து 323 பேரைக் கொன்றது ஏன் என்று பிரதமர் தாட்சரை வருடக்கணக்கில் குடைந்தார். பிரதமரைப் பொய்யர் என்று சொல்லி அவையிலிருந்து வெளியேற்றப்பட்டார். 2003இல் இராக் போருக்காகத் தன் கட்சிப் பிரதமர் டோனி பிளேரையும் விட்டுவைக்கவில்லை.

அவர் நினைத்ததெல்லாம் நடந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். 1960களில் இந்தியப் பெருங்கடலின் ராட்சத ஆமைகள் வாழும் அல்டாப்ரா தீவில் பிரிட்டன் விமானத்தளம் அமைக்கும் திட்டத்தைக் கேள்வி மேல் கேள்வி கேட்டு எதிர்த்தார். 1967இல் திட்டம் கைவிடப்பட்டது, ஆமைகள் பிழைத்தன. ஆனால் ராணுவத்தளம் அதே கடலில் இருக்கும் தியாகோ கார்சியா தீவுக்குப் போனது; அங்கிருந்த மனிதர்களைத்தான் கப்பலேற்றித் துரத்தினார்கள்.

ஸ்காட்லாந்து நாடாளுமன்றமும் அவர் எதிர்ப்பை மீறி 1999இல் வந்துவிட்டது. அவர் கேள்விக்கோ ஒழுங்கான பதில் இல்லை. இங்கிலாந்துக்கு மட்டுமான சட்டங்களுக்கு இங்கிலாந்து எம்.பி.க்களின் சம்மதமும் வேண்டும் என்று 2015இல் ஒரு விதி போட்டார்கள், 2021இல் அதையும் எடுத்துவிட்டார்கள். 2017இல் காலமானதால் இந்தக் கடைசிக் கூத்தை அவர் பார்க்கவில்லை.

இங்கிலாந்தின் பக்கம் நின்றவர் என்ற வரியைக் கட்டுரையாளர் மாற்றுவாரோ மாட்டாரோ, அடுத்த இதழில் பெயரையாவது திருத்திவிடுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகர் ஒருவர்,
கும்பகோணம்