'தேசத்துரோகம்' என்று தலைப்பு வைக்கும் ஆசிரியர்களுக்கு

தமிழ் நாளிதழ்கள், தொலைக்காட்சிகளின் மதிப்பிற்குரிய ஆசிரியர்களுக்கும், இரவுப் பணியில் தலைப்பு வைக்கும் உதவி ஆசிரியர்களுக்கும்,

வணக்கம். ஒரு நாளிதழில் இருபத்தாறு வருஷம் மெய்ப்புப் பார்த்து ஓய்வு பெற்றவன் நான். ஒற்று மிகுமா, மிகாதா என்று உங்களைப் போன்றவர்களோடு மல்லுக்கட்டியே பாதி ஆயுள் கழிந்தது. இந்த மடலும் ஒரு சொல்லைப் பற்றியதுதான். ஆனால் ஒற்றுச் சண்டை இல்லை.

இந்தியத் தண்டனைச் சட்டம் 124ஏ பிரிவில் யாராவது கைதானால், 'தேசத்துரோக வழக்கில் கைது' என்று நாம் நாலு காலத்துக்குத் தலைப்புப் போட்டோம். அந்தத் தலைப்புகள் என் மேசையைத் தாண்டித்தான் அச்சுக்குப் போயின. 'த்' சரியாக விழுந்திருக்கிறதா என்று பார்த்தேன், விழுந்திருந்தது, விட்டுவிட்டேன். ஓய்வு பெற்ற பிறகுதான் அந்தச் சட்டப் பிரிவை முழுதாக உட்கார்ந்து படித்தேன். அதில் தேசம் என்ற சொல்லும் இல்லை, துரோகம் என்ற சொல்லும் இல்லை. இருப்பது 'சட்டப்படி அமைந்த அரசாங்கம்'. அதன்மேல் வெறுப்பையோ அவமதிப்பையோ பற்றின்மையையோ பேச்சாலும் எழுத்தாலும் சைகையாலும் தூண்டுவதுதான் குற்றம். தேசம் வேறு, அரசாங்கம் வேறு என்பதைத் தேர்தலுக்குத் தேர்தல் எழுதிக் காட்டுகிற நாம், போலீஸ் ஸ்டேஷன் வாசலில் மட்டும் இரண்டையும் ஒன்றாக்கிவிட்டோம்.

அந்தக் காலத்து ஏடுகளுக்கு இந்தக் குழப்பம் இல்லை. ராஜதுவேஷம், ராஜநிந்தனை, ராஜத்துரோகம் என்று எழுதினார்கள். வடமொழி வாடை அடித்தாலும் பொருள் பிசகவில்லை. ராஜாவை வெறுத்தான் என்பது குற்றச்சாட்டு. ஊரைக் காட்டிக்கொடுத்தான் என்பதல்ல. நாடு விடுதலையானதும் ராஜா போய்விட்டார். அவர் இருந்த இடத்தில் தேசத்தைக் கொண்டுவந்து உட்காரவைத்தது சட்டம் இல்லை, நம்முடைய மேசைதான்.

இது எவ்வளவு பெரிய பிழை என்று தெரிய, 1908 ஜூலை 7-ஆம் தேதி திருநெல்வேலிக்குப் போகவேண்டும். அன்று கூடுதல் செஷன்ஸ் நீதிபதி ஏ.எஃப். பின்ஹே, வ.உ.சிதம்பரம் பிள்ளைக்கு இரட்டை ஆயுள் தண்டனை விதித்தார். தன் பேச்சுக்காக இருபது வருஷம் நாடுகடத்தல். சுப்பிரமணிய சிவாவுக்கு உடந்தையாக இருந்ததற்கு இன்னொரு இருபது. சிவாவுக்குப் பத்து வருஷம். இவர்கள் துப்பாக்கி தூக்கவில்லை, எதிரி நாட்டுக்கு ரகசியம் விற்கவில்லை. மேடை போட்டுப் பேசினார்கள்.

பேச்சுக்கா நாற்பது வருஷம்? கணக்கு வேறு இடத்தில் இருந்தது. 1906-இல் வ.உ.சி. பத்து லட்சம் ரூபாய் மூலதனத்தில் சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனியைப் பதிவு செய்தார். காலியா, லாவோ என்று இரண்டு கப்பல்கள் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே ஓடத் தொடங்கின. அதுவரை அந்தத் தடத்தைக் கையில் வைத்திருந்த பிரிட்டிஷ் இந்தியா கம்பெனி கட்டணத்தைக் குறைத்துப் பார்த்தது. ஜனங்கள் சுதேசிக் கப்பலை விடவில்லை. 1908 பிப்ரவரி கடைசியில் ஹார்வி சகோதரர்களின் கோரல் மில்லில் வேலைநிறுத்தம் மூண்டது. வக்கீலான வ.உ.சி. தொழிலாளர் பக்கம் நின்றார். சில நாளிலேயே நிர்வாகம் இறங்கி வந்து கூலியை உயர்த்தியது. கப்பலில் ஒரு வெள்ளைக் கம்பெனிக்கு நஷ்டம், மில்லில் இன்னொரு வெள்ளைக் கம்பெனிக்குத் தோல்வி. வங்கத்து சுதேசித் தலைவர் விபின் சந்திர பால் விடுதலையான மார்ச் 9-ஐக் கொண்டாடக்கூடாது என்று கலெக்டர் விஞ்ச் தடுத்துப் பார்த்தார், தடை நிற்கவில்லை. மார்ச் 12-ஆம் தேதி கைது. மறுநாள் திருநெல்வேலி பற்றி எரிந்தது. நகராட்சி அலுவலகமும் தபால் ஆபீசும் தாக்கப்பட்டன. துப்பாக்கிச்சூட்டில் நாலு பேர் செத்தார்கள்.

கப்பல் ஓட்டுவதும் கூலி கேட்பதும் எந்தச் சட்டத்திலும் குற்றமாக இல்லை. அரசாங்கத்தின்மேல் பற்றின்மையைத் தூண்டுவது குற்றமாக இருந்தது. அதுவே போதுமானதாக இருந்தது. இந்தத் தண்டனையைப் படித்துவிட்டு லண்டனில் இருந்த இந்திய மந்திரி மார்லியே, இதை எந்த வகையிலும் நியாயப்படுத்த முடியாது என்று வைஸ்ராய் மின்டோவுக்கு எழுதினார். மேல்முறையீட்டில் தண்டனை பெரிதும் குறைந்தது. 1912 டிசம்பரில் வ.உ.சி. வெளியே வந்தபோது கப்பல் கம்பெனி அழிந்திருந்தது, வக்கீல் தொழில் நடத்தும் உரிமமான சன்னது பறிபோயிருந்தது. பிறகு அந்தச் சன்னதைத் திரும்ப வாங்கித் தந்த நீதிபதி வாலஸின் நினைவாக ஒரு மகனுக்கு வாலேஸ்வரன் என்று பெயர் வைத்தார். ராஜதுவேஷி என்று சட்டம் முத்திரை குத்திய மனுஷர் இவர்தான்!

அவர் பிறந்தநாளான செப்டம்பர் 5-க்கு நீங்கள் சிறப்புப் பக்கம் போடுகிறீர்கள். 124ஏ என்றால் தேசத்துரோகம் என்ற உங்கள் அகராதிப்படி அந்தப் பக்கத்துக்கு என்ன தலைப்பு வரவேண்டும் என்று ஒரு நிமிஷம் யோசித்துப் பாருங்கள்.

வ.உ.சி. தீர்ப்புக்குப் பதினைந்தாம் நாள், ஜூலை 22 அன்று, பம்பாயில் திலகருக்கு ஆறு வருஷம் கிடைத்தது. ஜூரர்கள் ஒன்பது பேரில் ஏழு பேர் குற்றவாளி என்றார்கள், இரண்டு பேர் இல்லை என்றார்கள். தண்டித்த நீதிபதி தாவர், 1897-இல் இதே பிரிவில் திலகர் கைதானபோது அவருக்கு ஜாமீன் கேட்டு வாதாடிய வக்கீல். அந்த 1897 வழக்கில்தான் நீதிபதி ஸ்ட்ராச்சி, பற்றின்மை என்றால் பற்று இல்லாமை என்று ஜூரிக்கு விளக்கினார். கேட்க அகராதி வேலை மாதிரி இருக்கும். கையில் விலங்கு ஏறும்போதுதான் அதன் கனம் தெரியும்: அரசாங்கத்தை நேசிக்காமல் இருப்பதே குற்றம் என்று ஆகிறது. 1922 மார்ச்சில் அகமதாபாத் நீதிமன்றத்தில் காந்தி இதற்குப் பதில் சொன்னார். பற்றைச் சட்டத்தால் உண்டாக்க முடியாது என்றார். குற்றத்தை ஒப்புக்கொண்டு, ஆறு வருஷத் தண்டனையை வாங்கிக்கொண்டு போனார்.

உங்களுக்கு இன்னும் நெருக்கமானவர்களும் இந்தப் பட்டியலில் உண்டு. 'சுதேசமித்திரன்' நிறுவிய ஜி.சுப்பிரமணிய ஐயரை 1908-இல் இதே குற்றத்துக்குப் பிடித்தார்கள். 'இந்தியா' வார இதழில் சட்டப்படி ஆசிரியராகப் பெயர் பதிந்திருந்த சீனிவாசன் சிறைக்குப் போனார். எழுதிய பாரதி புதுச்சேரிக்குப் போனார். 'குடி அரசு' தலையங்கத்துக்காக 1934-இல் பெரியாருக்கு ஒன்பது மாதம், வெளியீட்டாளர் என்ற முறையில் அவர் தங்கை கண்ணம்மாளுக்கு மூன்று மாதம். நம் தொழிலின் பாட்டன் பாட்டிமார் அத்தனை பேரையும் ஒரே தலைப்பில் துரோகி ஆக்குகிறோம்.

துரோகம் என்பதற்குத் தமிழில் இரண்டகம் என்று ஒரு சொல் உண்டு. உண்ட வீட்டுக்குச் செய்வதுதான் இரண்டகம். யார் யார் வீட்டில் உண்டார்கள் என்பதை முதலில் முடிவு செய்யவேண்டும். பழைய துரோக வழக்குகளில் சண்டையே அங்கேதான். 1858 ஜனவரி முதல் மார்ச் வரை டெல்லிச் செங்கோட்டையில், அவருடைய சொந்த மண்டபத்திலேயே, எண்பது வயது தாண்டிய கடைசி மொகலாய பாதுஷா பகதூர் ஷா ஜாபரை ராணுவ விசாரணைக் குழு துரோகக் குற்றத்துக்கு விசாரித்தது. விசாரித்த கிழக்கிந்தியக் கம்பெனி யார்? 1765-இல் இவருடைய பாட்டனாரிடம் வங்காளத்தின் திவானி உரிமையை, அதாவது வரி வசூலிக்கும் உரிமையை, கைநீட்டி வாங்கிய கம்பெனி. 1835 வரை மொகலாயர் பெயரிலேயே நாணயம் அடித்த கம்பெனி. திவான், தன் பாதுஷாவைத் துரோகி என்று தீர்ப்பெழுதி ரங்கூனுக்கு அனுப்பிவைத்தான்.

ஒன்றை மறைக்காமல் சொல்லவேண்டும். அதே செங்கோட்டையில் 1945 நவம்பரில் நிறுத்தப்பட்ட, நேதாஜியின் இந்திய தேசிய ராணுவ அதிகாரிகளான ஷாநவாஸ் கான், பிரேம் சாகல், குர்பக்ஷ் சிங் தில்லான் மூவரின் கதை வ.உ.சி. கதையைப் போல எளிதல்ல. அவர்கள் பிரிட்டிஷ் படையில் சத்தியப் பிரமாணம் எடுத்தவர்கள். பிறகு அதை எதிர்த்துத் துப்பாக்கி தூக்கியவர்கள். அவர்கள்மேல் விழுந்தது 124ஏ அல்ல, போர் தொடுத்த குற்றமான 121. அடிமைப்பட்ட மக்களுக்கு விடுதலைக்காகப் போரிடும் உரிமை உண்டு என்று அவர்களுடைய வக்கீல் புலாபாய் தேசாய் வாதாடினார். நீதிமன்றம் ஏற்கவில்லை, ஆயுள் நாடுகடத்தல் விதித்தது. ஆனால் தெருவில் எழுந்த கொந்தளிப்பைப் பார்த்த தளபதி ஆகின்லெக் 1946 ஜனவரியில் அந்தத் தண்டனையை ரத்து செய்தார். சட்டம் மாறவில்லை, சாட்சி மாறவில்லை. நாட்டின் காற்று மாறிவிட்டது. துரோகம் என்ற சொல் ஓரளவாவது பொருந்துகிற வழக்கிலேயே நிலைமை இப்படி என்றால், வெறும் பேச்சுக்கும் முகநூல் பதிவுக்கும் அதை ஒட்டுவது எந்த ஊர் நியாயம்?

மெய்ப்புத் திருத்துகிறவன் என்பதால் என்னை விடாமல் துரத்துகிற வழக்கு ஒன்று உண்டு. அயர்லாந்து விடுதலைக்காக ஜெர்மனியில் உதவி தேடிய ரோஜர் கேஸ்மென்டை 1916-இல் லண்டனில் விசாரித்தார்கள். கையில் இருந்ததோ பழைய பிரெஞ்சு நடையில் எழுதிய 1351-ஆம் ஆண்டுச் சட்டம். ராஜாவின் மண்ணுக்கு வெளியே செய்த செயலுக்கு அந்த வாசகம் பொருந்துமா, பொருந்தாதா என்பதே வாதம். ஒரு காற்புள்ளியைப் போட்டுப் படித்தால் பொருந்தும், போடாமல் படித்தால் பொருந்தாது. நீதிபதிகள் ஆவணக் காப்பகத்துக்கே போய் மூலச் சுவடியைப் பார்த்துவிட்டு வந்தார்கள். ஆகஸ்ட் 3 அன்று தூக்கு. காற்புள்ளி தூக்கிலிட்ட மனிதர் என்று இன்றும் சொல்கிறார்கள். நம் மேசையில் எத்தனை காற்புள்ளிகளை இடம் போதவில்லை என்று வெட்டியிருக்கிறோம்!

நீங்கள் சொல்லப்போகும் பதிலும் தெரியும். 124ஏ-யை 2022 மே 11 அன்று உச்ச நீதிமன்றம் நிறுத்திவைத்துவிட்டது. 2024 ஜூலை 1 முதல் பழைய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. இப்போது எதற்கு இந்தப் பழங்கதை என்பீர்கள். மேலும், ராஜதுரோகத்தை எடுத்துவிட்டு தேசதுரோகத்தை வைத்திருக்கிறோம் என்று உள்துறை அமைச்சரே 2023 டிசம்பரில் மக்களவையில் சொன்னார், நாங்கள் எழுதினால் என்ன தப்பு என்றும் கேட்கலாம். அமைச்சர் பேசியது அவையில். அதை அவர் பேச்சாக, மேற்கோள் குறிக்குள் போடுங்கள். புதிய சட்டத்தின் 152-ஆம் பிரிவு, இந்தியாவின் இறையாண்மை, ஒற்றுமை, ஒருமைப்பாட்டுக்கு ஆபத்து விளைவிக்கும் செயல் என்று நீளமாகச் சொல்கிறது. ஆயுள் வரையோ ஏழு வருஷம் வரையோ சிறை, அபராதமும் உண்டு. குற்றம் பதிவான அன்றைக்கு அது குற்றச்சாட்டு மட்டுமே. கொலை வழக்கில் கைதானவரைத் தீர்ப்பு வரும்வரை கொலைகாரர் என்று எழுதமாட்டோம் இல்லையா? இங்கே மட்டும் வழக்கின் பெயரிலேயே தீர்ப்பை ஏற்றிவிடுகிறோம். விடுதலையானாலும் ஊர் அந்தப் பெயரை மறக்காது. அந்த விடுதலைச் செய்தியை ஏழாம் பக்கத்தில் ஒற்றைக் காலத்தில் போட்ட பாவத்தில் எனக்கும் பங்கு உண்டு.

புதிய கலைச்சொல் உண்டாக்கச் சொல்லி நான் கேட்கவில்லை. பழைய வழக்குகளைப் பற்றி எழுதும்போது அரசு நிந்தனை என்று போடலாம்; ராஜதுவேஷம் என்றே போட்டாலும் ரசனையாகத்தான் இருக்கும். புதிய வழக்கு என்றால் பிரிவின் எண்ணைப் போட்டு, அடுத்த வரியில் அவர் என்ன பேசினார் என்பதையும் போடுங்கள். தொலைக்காட்சித் தம்பிகள் திரையின் அடியில் ஓடவிடும் சிவப்புப் பட்டைக்கும் இது பொருந்தும்.

இந்த மாதிரிக் கைதுச் செய்தி பெரும்பாலும் ராத்திரி பதினொன்றரைக்குத்தான் வந்து சேரும். பக்கம் முடிகிற நேரம், தலைப்புக்கு இடமும் இருக்காது. 'பிரிவு 152-இல் கைது' என்று போடுங்கள். 'தேசத்துரோக வழக்கில் கைது' என்பதைவிட அது சின்னது, இரண்டு காலத்துக்குள் அடங்கிவிடும்.

அன்புடன்,
ஓய்வுபெற்ற ஒரு மெய்ப்புத் திருத்துநர்